சீ-பீஸ் என்றால் கடல் துண்டா?

வணக்கம் சார்,

பழைய ஆங்கில நாவல் ஒன்றின் தமிழ் மொழிபெயர்ப்பை வாசித்துக்கொண்டிருக்கிறேன். பிரபு ஒருவரின் வீட்டுக் கூடத்தை விவரிக்கும் இடத்தில் 'கணப்புக்கு மேலே இரண்டு கடல் துண்டுகள் தொங்கின' என்று வருகிறது. ஒன்றும் புரியாமல் மூலத்தைத் தேடிப் பார்த்தேன். 'சீ-பீஸ்' என்று இருந்தது. அகராதியில் 'சீஸ்கேப் என்பதற்கான பழைய சொல்' என்று ஒரே வரியில் முடித்துவிட்டார்கள். இரண்டும் ஒன்றுதானா? ஒன்றுதான் என்றால் ஏன் ஒன்று வழக்கொழிந்து இன்னொன்று வந்தது? தமிழில் எப்படிச் சொல்வது? இன்று நான் ஆங்கிலத்தில் எழுதும்போது சீ-பீஸ் என்று எழுதினால் தவறா? ஓவியங்களைப் பற்றி நீங்கள் எழுதுவதால் கேட்கிறேன்.

ஆர்., திருநெல்வேலி

அன்புள்ள ஆர்.,

கடல் துண்டு தவறுதான். அந்தக் கால ஓவியர்களிடமும் படம் விற்கிறவர்களிடமும் 'பீஸ்' என்றால் செய்து முடித்த ஒரு படைப்பு, அவ்வளவுதான். தேவாலயப் பீடத்துக்குப் பின்னால் வைக்கிற ஓவியம் ஆல்டர்பீஸ், பூக்களை வரைந்தால் ஃபிளவர்-பீஸ், இரவை வரைந்தால் நைட்-பீஸ், ஒரு குடும்பம் கூடி உட்கார்ந்து பேசிக்கொண்டிருப்பதுபோல வரைந்தால் கான்வர்சேஷன் பீஸ். அந்த வரிசையில் கடலை வரைந்த படத்துக்கு வந்த பெயர்தான் சீ-பீஸ். டச்சுக்காரர்கள் இதை 'ஸேஸ்டுக்' என்பார்கள், ஜெர்மானியர்கள் 'ஸேஷ்ட்யூக்' என்பார்கள். 'ஸே' கடல், மிச்சம் பீஸ். நாவலில் இரண்டு படங்கள் தொங்குவதற்கும் காரணம் உண்டு. கடலோவியங்களை ஜோடியாக வாங்கி மாட்டுவது அக்கால வழக்கம், பெரும்பாலும் ஒன்றில் காற்றடங்கிய கடல், மற்றதில் புயல்.

அகராதி சொல்வது பொய்யில்லை. ஆனால் ஒரே வரியில் முடித்ததில் ஒரு பெரிய விஷயம் விடுபட்டுப்போகிறது. கடற்கரையில் நின்றுகொண்டு எதிரே தெரிவதைப் பார்த்து 'நல்ல சீஸ்கேப்' என்று ஒருவர் சொல்லலாம். சீ-பீஸ் என்று சொல்ல முடியாது. அது எப்போதும் யாரோ ஒருவர் செய்த பொருளையே குறிக்கும். இந்த இரட்டை வாழ்க்கை 'லேண்ட்ஸ்கேப்' என்ற சொல்லிலிருந்து வந்தது. அதுவும் டச்சிலிருந்து 1600-ஐ ஒட்டி ஓவியர்களின் தொழிற்சொல்லாக ஆங்கிலத்துக்கு வந்ததுதான். முதலில் நிலத்தை வரைந்த படத்தைக் குறித்தது, அப்புறம் நிலத்தையே குறிக்க ஆரம்பித்தது. அதைப் பார்த்து 18-ஆம் நூற்றாண்டின் கடைசியில் சீஸ்கேப் என்று ஒன்றை உண்டாக்கினார்கள். அது வந்த பிறகு சீ-பீஸ் மெல்ல மெல்லப் பின்வாங்கியது.

இரண்டு சொற்களும் ஒரே மாதிரிப் படங்களுக்குப் பயன்பட்டது உண்மை. ஆனாலும் சீ-பீஸ் என்ற சொல் புழங்கிய காலத்துப் படங்களை சீஸ்கேப் என்று நினைத்துக்கொண்டு பார்த்தால் பாதிப் படம் கண்ணில் படாமலே போய்விடும் என்பது என் உறுதியான எண்ணம்.

இதைச் சொல்ல வான் டி வெல்டே என்ற டச்சு ஓவியக் குடும்பத்திடம் போக வேண்டும். இரண்டு வில்லெம்கள், அப்பா (1611–1693), மகன் (1633–1707). அப்பா ஓவியர் என்பதைவிட நிருபர் என்று சொல்லத் தோன்றும். டச்சுக் கப்பற்படை சண்டைக்குப் போகும்போது ஒரு சின்னப் பாய்மரப் படகில் கூடவே போய், பீரங்கிகள் வெடித்துக்கொண்டிருக்கையில் உட்கார்ந்து எந்தக் கப்பல் எங்கே நிற்கிறது, எதன் பாய்மரம் முறிந்தது என்று காகிதத்தில் வரைந்துகொண்டே இருப்பார். கரைக்கு வந்து, வெள்ளை பூசிய பலகையிலோ துணியிலோ பேனாவும் மையும் கொண்டு அதைப் பெரிய படமாக எழுதுவார். 1653-இல் டச்சுக்காரர்களுக்கும் ஆங்கிலேயருக்கும் நடந்த டெர்ஹெய்ட கடற்சண்டையை 1657-இல் அப்படி வரைந்தார். ஆம்ஸ்டர்டாமின் ரெய்க்ஸ் மியூசியத்தில் இருக்கிறது. அதன் முன்பகுதியில் ஒரு படகில் உட்கார்ந்து வரைந்துகொண்டிருப்பவர் அவரேதான். நான் அங்கே இருந்தேன், பார்த்தேன் என்பதற்கு அதுதான் சாட்சிக் கையெழுத்து.

1672-இல் பிரான்சும் இங்கிலாந்தும் சேர்ந்து ஹாலந்தைத் தாக்கியபோது நாடே நிலைகுலைந்தது. அந்தக் குளிர்காலத்தில் அப்பாவும் மகனும் இங்கிலாந்துக்குப் போய்விட்டார்கள். எந்தக் கப்பற்படையோடு சேர்ந்து போய் வரைந்தாரோ, அதன் எதிரியிடமே வேலை. 1674-இல் இரண்டாம் சார்லஸ் மன்னர் போட்ட உத்தரவு எனக்கு மிகவும் பிடித்த ஆவணங்களில் ஒன்று. கடற்சண்டைகளை நேரில் பார்த்து வரைவதற்காக அப்பாவுக்கு ஆண்டுக்கு 100 பவுண்டு, அந்த வரைவுகளுக்கு வண்ணம் ஏற்றுவதற்காக மகனுக்கு 100 பவுண்டு. அழகு, இயற்கை, உணர்ச்சி எதுவும் அதில் இல்லை. வேலை இது, கூலி இது. கிரீன்விச்சில் அரசியின் மாளிகையில் அவர்களுக்குப் பட்டறை ஒதுக்கினார்கள். அவர்களுடைய வரைவுகளில் ஆயிரத்துக்கும் மேற்பட்டவை இன்றும் அதே கிரீன்விச்சில் அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் இருக்கின்றன.

இப்படிப்பட்ட படத்தை வாங்கியவர்கள் கடற்படைத் தளபதிகள், கப்பல் முதலாளிகள், துறைமுக நகரத்து வணிகர்கள். அவர்கள் அதில் தண்ணீரின் நிறத்தைப் பார்த்து ரசித்திருப்பார்கள், மறுக்கவில்லை. ஆனால் முதலில் பார்த்தது என் கப்பல் எது, காற்று எந்தப் பக்கமிருந்து அடிக்கிறது, அந்தக் காற்றுக்கு அந்தப் பாய் அப்படித்தான் புடைக்குமா என்பதைத்தான். நம் கடற்கரைக்காரர்கள் கலத்தின் முன்பக்கத்தை அணியம் என்றும் பின்பக்கத்தை அமரம் என்றும் சொல்கிறார்கள் இல்லையா, அந்த இரண்டு சொற்கள் கையில் இருந்தால் இந்தப் படங்களைப் பற்றிப் பேசுவது எளிது. ஏனென்றால் அந்தக் காலக் கப்பல்களில் அமரத்தில்தான் மரச்சிற்பமும் சின்னமும் செதுக்கியிருப்பார்கள், ஒரு கப்பலை இன்ன கப்பல் என்று அடையாளம் சொல்வதே பல நேரம் அதை வைத்துத்தான். ஓவியர் ஒரு கப்பலை முக்கால்வாசி திருப்பி அமரம் தெரியும்படி வைத்திருந்தால் அது அழகுக்கு மட்டும் செய்த ஏற்பாடாக இருக்காது, இது இன்னாருடைய கப்பல் என்று சொல்ல வேண்டிய கட்டாயமும் சேர்ந்திருக்கும். மகன் வில்லெம் வரைந்த காற்றடங்கிய கடல்களை ஒரு முறை பொறுமையாகப் பாருங்கள். பாய்கள் தொய்ந்து கிடக்கும், கொடி அசையாது, மரியாதைக்குச் சுட்ட பீரங்கியின் புகை கலையாமல் கப்பலின் பக்கத்திலேயே நிற்கும். காற்றில்லை என்பதை அத்தனை பொருட்களும் சேர்ந்து சொல்லும்.

அடுத்து ஆங்கில ஓவியர் டர்னர். இவர் இல்லாமல் உங்கள் கேள்விக்குப் பதில் முடியாது. இங்கிலாந்தில் கால்வாய் வெட்டிப் பெரும் பணக்காரரான பிரிட்ஜ்வாட்டர் பிரபுவிடம் மகன் வான் டி வெல்டே வரைந்த புயல்கடல் ஓவியம் ஒன்று இருந்தது. அதற்கு ஜோடியாக ஒன்று வேண்டும் என்று அவர் இளம் டர்னரிடம் கேட்டார். 1801-இல், டர்னருக்கு 26 வயது, அந்தப் படம் லண்டனின் ஓவியர் அமைப்பான ராயல் அகாடமியில் காட்சிக்கு வந்தது. தலைப்பு, 'கடுங்காற்றில் டச்சுப் படகுகள்: மீனவர்கள் தங்கள் மீனைக் கலத்தில் ஏற்ற முயல்கிறார்கள்'. தலைப்பிலேயே காற்று, கலம், ஆள், வேலை நான்கும் வந்துவிட்டன. இந்தப் படத்தை இன்றைக்கும் எல்லோரும் 'பிரிட்ஜ்வாட்டர் சீ-பீஸ்' என்றுதான் சொல்கிறார்கள். மறுவருடம் வரைந்து எக்ரிமான்ட் பிரபுவின் பெட்வர்த் மாளிகைக்குப் போன படமும் அப்படியே, 'எக்ரிமான்ட் சீ-பீஸ்'. வழக்கொழிந்த சொல் பெயராக ஒட்டிக்கொண்டு பிழைத்திருக்கிறது.

முடிந்தால் இரண்டு படங்களையும் இணையத்தில் எடுத்துப் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வான் டி வெல்டேயுடையது அமெரிக்காவில் ஓஹையோவின் டொலீடோ அருங்காட்சியகத்தில் இருக்கிறது, டர்னருடையது தனியார் உடைமை. டர்னர் தன் படத்தை வான் டி வெல்டேயின் படத்தைவிடப் பெரிதாக வரைந்தார். அமைப்பை இடவலமாகத் திருப்பிப் போட்டார். அவருடைய படகுகள் இரண்டும் ஒன்றை ஒன்று நோக்கி வந்துகொண்டிருக்கின்றன, அடுத்த நொடி மோதிவிடும் என்கிற நிலை. பக்கத்திலேயே சின்னப் படகில் மீனோடு ஆட்கள். நேராக மோதிப்பார்த்துவிட வேண்டும் என்ற இளைஞனின் வேகம் அது, எனக்கு அதில் குறை சொல்ல ஒன்றுமில்லை. ஆனால் தொழில் அறிந்தவன் படம் என்பது மாறவில்லை.

கடைசிக் காலத்து டர்னரைத்தான் சீஸ்கேப்காரர் என்பார்கள். 1842-இல் வரைந்த பனிப்புயல் படத்தில் கப்பல் கிட்டத்தட்டக் கரைந்துபோய்விட்டது, நீரும் வானும் ஒன்றாகச் சுழல்கின்றன. சரி, இது வெறும் கடற்காட்சிதானே என்று தோன்றும். தலைப்பைப் படியுங்கள்: துறைமுக வாயிலுக்கு வெளியே, ஆழமில்லாத நீரில் சைகை காட்டிக்கொண்டு, ஈயக்குண்டு கட்டிய கயிற்றை இறக்கி ஆழம் பார்த்தபடி போகும் நீராவிக் கப்பல். கண் தெரியாத புயலில் ஒரு மாலுமி கயிற்றை இறக்கி அடி தட்டுகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்கிறான். கப்பல் ஆட்களின் சொல்லிலேயே அந்தத் தலைப்பு இருக்கிறது. அந்த ஆளை நினைத்துக்கொண்டு திரும்பப் படத்துக்குப் போனால் அந்தச் சுழலுக்கு நடுவே இருக்கும் கறுப்புக்கு வேறு கனம் வந்துவிடுகிறது. அதனால் டர்னரின் கடைசிப் படங்களையும் சீ-பீஸ் என்று சொல்வதே எனக்குச் சரியாகப் படுகிறது.

இன்னொரு படம். டச்சு ஓவியர் ஹென்ட்ரிக் வான் ஆன்டோனிசன் 1641-ஐ ஒட்டி வரைந்த, ஹாலந்தின் ஷெவெனிங்கன் கடற்கரை. கேம்பிரிட்ஜின் ஃபிட்ஸ்வில்லியம் அருங்காட்சியகத்துக்கு அது 1873-இல் வந்து சேர்ந்தது. குளிர்காலக் கடற்கரை, அங்கங்கே கும்பல் கும்பலாக ஜனங்கள், ஏன் கூடியிருக்கிறார்கள் என்று மட்டும் புரியாது. 2014-இல் படத்தைச் சுத்தம் செய்தவர்கள் பழைய வார்னிஷையும் மேல்பூச்சையும் எடுக்க எடுக்க, கரை ஒதுங்கிய ஒரு பெரிய திமிங்கிலம் வெளியே வந்தது. இடையில் யாரோ அதன்மேல் கடலும் மணலுமாக வண்ணம் பூசி மறைத்திருக்கிறார்கள். செத்த மிருகம் வீட்டுச் சுவரில் வேண்டாம் என்று நினைத்திருக்கலாம். நடந்த ஒன்றைச் சொல்வதற்காகச் செய்த படத்திலிருந்து அந்தச் சம்பவத்தைத் துடைத்துவிட்டு வெறும் காட்சியாக்கி மாட்டி வைத்திருந்தார்கள்! இதை முதலில் படித்தபோது எனக்குக் கோபம்தான் வந்தது.

தமிழில் என்ன சொல்வது? 'கடலோவியம்' போதும். கடற்காட்சி என்றால் கண்முன் இருப்பதா வரைந்ததா என்று குழப்பம் வரும், கடலோவியத்தில் அது வராது. சீஸ்கேப்புக்குக் கடற்காட்சியை விட்டுவிடலாம். இரண்டுக்கும் நம்மிடம் எளிய சொல் இருக்கையில் புதிதாக ஒன்றை உருவாக்க மெனக்கெட வேண்டாம். சீ-பீஸ் என்பது இசைக்கும் போயிருக்கிறது, அமெரிக்க இசையமைப்பாளர் மெக்டவல் 1890-களில் பியானோவுக்கு எழுதிய தொகுப்புக்கு 'சீ பீசஸ்' என்றே பெயர். அங்கே கடலோவியம் ஒத்துவராது, கடற்பாடல் என்றும் சொல்ல முடியாது, பெயரை அப்படியே வைத்துக்கொள்வதுதான் நல்லது.

நீங்கள் ஆங்கிலத்தில் எழுதும்போது 17, 18-ஆம் நூற்றாண்டு ஓவியங்களைப் பற்றி எழுதினால் தயங்காமல் சீ-பீஸ் என்று எழுதுங்கள், படிப்பவர்கள் புரிந்துகொள்வார்கள். உங்கள் ஊர்ப்பக்கம் எடுத்த கடற்கரைப் புகைப்படத்துக்கு வேண்டாம், அங்கே அது வேஷம் போட்டதுபோல இருக்கும். ஒன்றைச் சேர்த்துக்கொள்ளுங்கள்: ஆங்கிலத்தில்தான் இது பழஞ்சொல். ஜெர்மனில் இன்னும் உயிரோடு இருக்கிறது. கெர்ஹார்ட் ரிக்டர் என்ற ஓவியர் 1960-களின் கடைசியிலிருந்து தொடர்ந்து 'ஸேஷ்ட்யூக்' என்ற பெயரிலேயே கப்பல் இல்லாத, ஆள் இல்லாத கடல்களை வரைந்தார். 1970-இல் வரைந்த ஒன்றில் மேலே வானம் இருக்க வேண்டிய இடத்திலும் அலைகள்தான், கடலுக்கு மேல் கடலைத் திருப்பி ஒட்டியிருக்கிறார். நான் மேலே சொன்ன கணக்கில் அதற்கு சீ-பீஸ் என்ற பெயர் பொருந்தாதே என்று நீங்கள் கேட்கலாம். பொருந்தும் என்றே நினைக்கிறேன். உலகத்தில் எந்தக் கரையில் நின்றாலும் அப்படியொரு கடலைப் பார்க்க முடியாது, ஒருவர் உட்கார்ந்து செய்தால்தான் உண்டு.

அன்புடன்.