பண்டிகைக்கு வந்தவர்கள்

கேள்வி: அகதா கிறிஸ்டியின் 'ஹெர்க்யூல் புவாரோவின் கிறிஸ்துமஸ்' படித்தேன். பெயரில்தான் கிறிஸ்துமஸ் இருக்கிறது. நாவலில் கொண்டாட்டமே இல்லை. டிசம்பர் மாதத்தில் புத்தகம் விற்பதற்காக ஒட்டப்பட்ட தலைப்புதானே இது? (வாசகர், திருநெல்வேலி)

பதில்: அந்த நாவல் 1938 டிசம்பரில் வெளிவந்தது. பதிப்பாளர் காலம் பார்த்துத்தான் வெளியிட்டிருப்பார். அதை நான் மறுக்கவில்லை. ஆனால் தலைப்பு ஒட்டப்பட்டது என்ற உங்கள் முடிவை ஏற்க முடியாது. பண்டிகையை எடுத்துவிட்டால் அந்தக் கதையில் கொலை நடக்கவே வழியில்லை.

தென்னாப்பிரிக்காவில் வைரத்தில் பெரும் பணம் சேர்த்த சிமியோன் லீ, முதுமையில் தம் பிள்ளைகள் அனைவரையும் கார்ஸ்டன் ஹால் என்ற மாளிகைக்கு வரவழைக்கிறார். தாயைத் தகப்பன் நடத்திய விதத்தை மன்னிக்க முடியாமல் ஆண்டுக்கணக்கில் வீட்டு வாசலை மிதிக்காதவன் டேவிட். வேறு எந்த நாளில் அழைத்திருந்தாலும் அவன் வந்திருப்பானா? கிறிஸ்துமஸுக்கு வா என்று வயதான தகப்பன் எழுதும்போது மறுப்பது கடினம் என்பது கிழவருக்கு நன்றாகத் தெரியும். 24ஆம் தேதி மாலை எல்லோரையும் தம் அறைக்கு அழைத்து, உயிலை மாற்றப் போவதாக வழக்கறிஞரிடம் தொலைபேசியில் பேசுவதை அவர்கள் காதில் விழும்படி செய்கிறார். பிறகு ஒருவர் விடாமல் அவமானப்படுத்துகிறார். அத்தனையையும் கேட்டுக்கொண்ட பிறகும் ஒருவரும் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பவில்லை, ஏனென்றால் மறுநாள் பண்டிகை. அன்றிரவே பூட்டிய அறைக்குள் அவர் இரத்த வெள்ளத்தில் கிடக்கிறார்.

(இரத்தம் இவ்வளவு ஏன் என்று சிலர் முகம் சுளிப்பதுண்டு. கிறிஸ்டியின் கொலைகள் வரவர மிகவும் நாசூக்காகிவிட்டன என்று அவருடைய அக்காள் கணவர் குறைப்பட்டுக்கொண்டாராம். அவருக்காகவே எழுதியதாகச் சமர்ப்பணத்தில் சொல்லியிருக்கிறார்.)

பண்டிகைதான் கொலைக்கு வழி செய்கிறது என்ற இதே காரணத்தைத் துப்பறிவாளர் புவாரோவே வாய்விட்டுச் சொல்கிறார். காவல் துறை அதிகாரி கர்னல் ஜான்சனோடு கணப்பருகே உட்கார்ந்திருக்கும்போது, கிறிஸ்துமஸ் நல்லெண்ணத்தின் காலம் என்று கர்னல் சொல்ல, அவர் ஒப்புக்கொள்வதில்லை. ஆண்டு முழுவதும் பிரிந்திருந்தவர்கள் ஒரே கூரையின் கீழ் கூடி, மனத்தில் இல்லாத அன்பை முகத்தில் காட்டப் பாடுபடுகிறார்கள். இயல்பை அப்படி அணைபோட்டுத் தடுத்தால் ஒருநாள் அணை உடையும் என்கிறார். கூடவே, அளவுக்கு மீறித் தின்று அஜீரணத்தால் எரிந்து விழுவதையும் அவர் கணக்கில் சேர்க்கிறார். அந்த இடம் எனக்கு மிகவும் பிடிக்கும்.

கொண்டாட்டம் இல்லை என்கிறீர்கள். மூத்த மருமகள் லிடியா கல் தொட்டிகளில் அமைக்கும் சின்னஞ்சிறு தோட்டங்களை நீங்கள் கவனிக்காமல் கடந்துவிட்டீர்கள் என்று நினைக்கிறேன். விருந்தினர் வரும் அந்த நாட்களில் அவள் கையில் உருவாகும் தோட்டங்களுள் ஒன்று சாக்கடல்: கூழாங்கல்லும் மணலுமாக, செடி கொடி இல்லாத வறண்ட நிலம். மாமனாரின் அதிகாரத்துக்குள் ஆண்டுக்கணக்கில் வாழ்ந்த ஒருத்தி பண்டிகை நாளில் செய்துவைக்கும் அலங்காரம் அதுதான் என்றால், அந்த வீட்டில் விருந்தையும் பாட்டையும் எப்படி எதிர்பார்ப்பது? 22 முதல் 28 வரை தேதிவாரியாகப் பிரிக்கப்பட்ட நாவலில், 25ஆம் தேதியை விசாரணை நிரப்பியிருப்பது ஆசிரியரின் மறதியால் நேர்ந்ததல்ல.

குறை சொல்வதென்றால் எனக்கும் ஒன்று உண்டு. கொலை நடந்த விதம் நம்ப முடியாத அளவுக்குச் சிக்கலானது. அந்தப் பயங்கர அலறலுக்குக் கடைசியில் கிடைக்கும் விளக்கம் இரண்டாம் வாசிப்பில் பலவீனமாகவே தெரிகிறது.

ஆனாலும் இரண்டாம் முறை படியுங்கள், அதுவும் பார்வை மங்கிய முதிய பட்லர் டிரஸ்ஸிலியனோடு சேர்ந்து வாசலில் நின்றபடி படியுங்கள். மணி அடிக்கிறது, கதவைத் திறக்கிறார், இதே ஆளுக்கு முன்பே ஒருமுறை கதவைத் திறந்துவிட்ட நினைவு அவருக்கு வருகிறது. வயதாகிவிட்டது என்று அவர் தம்மையே நொந்துகொள்கிறார். அவர் நினைவில் பிசகு எதுவும் இல்லை.