வாங்குவது 30 இலட்சம், கட்டுவது 79 இலட்சம்: வீட்டுக்கடன் கேள்வி பதில்

மழை கொஞ்சம் விட்டால் போதும், மலையகத்தில் மணலும் கல்லும் இறங்கத் தொடங்கிவிடும், கூடவே வீட்டுக்கடன் பற்றிய கேள்விகளும் வரத் தொடங்கிவிடும். அட்டனில் ஒரு வங்கிக் கிளையின் கடன் பிரிவில் பதினெட்டு வருடம் இருந்தவன் என்பதால் என்னிடம் கேட்கிறார்கள். இந்த முறை வந்தவற்றில் ஏழு கேள்விகளை எடுத்திருக்கிறேன். கணக்குப் போட்ட இடங்களில் வருடத்துக்கு 12 சதவீத வட்டி என்று வைத்திருக்கிறேன், ஒன்றோடொன்று ஒப்பிட்டுப் பார்க்கத்தான். உங்கள் வங்கி சொல்லும் வீதத்தைப் போட்டு நீங்களும் ஒரு தடவை பார்த்துவிடுங்கள்.

கொட்டகலையிலிருந்து ஓர் ஆசிரியை: நானும் கணவரும் அரச வேலை. அம்மா கொழுந்து எடுத்துத்தான் என்னைப் படிக்க வைத்தார், அவரைத் தோட்டத்து லயத்திலிருந்து (வரிசை வீட்டிலிருந்து) கூட்டிவந்து சொந்த வீட்டில் வைத்துக்கொள்ள ஆசை. 30 இலட்சம், 20 வருடம், மாதம் 33,000 சொச்சம் என்கிறார்கள். சம்பளத்துக்குள் வருகிறது. எடுக்கலாமா?

டீச்சர், 33,000 உங்கள் சம்பளத்துக்குள் வருகிறதுதான். ஆனால் வங்கி மேசையில் உங்களுக்குச் சொன்னது மாதக் கணக்கு மட்டும், மொத்தக் கணக்கை யாரும் சொல்லியிருக்க மாட்டார்கள். 33,033 ரூபா, 240 தவணை. பெருக்கினால் 79 இலட்சத்து 28 ஆயிரம் வருகிறது. வாங்கிய 30ஐக் கழித்தால் வட்டி மட்டும் 49 இலட்சத்து 28 ஆயிரம். உங்கள் அம்மாவின் கணக்கில் சொல்கிறேன்: 2024 செப்டெம்பரில் தீர்மானித்த 1,350 ரூபா நாட்சம்பளத்தால் இந்த வட்டியை வகுத்தால் 3,650 நாள் வரும். ஞாயிறு, போயா எதுவும் பார்க்காமல், மழையிலும் காய்ச்சலிலும் பிரட்டுக்கு (காலையில் வேலைக்கு ஆள் எடுக்கும் இடத்துக்கு) போய் முழுதாகப் பத்து வருடம். அது வட்டிக்கு மட்டும்.

இது எப்படி ஆகிறது என்பதை முதல் தவணையிலேயே பார்த்துவிடலாம். முதல் மாதம் நீங்கள் கட்டும் 33,033இல் 30,000 வட்டிக்குப் போகிறது, வாங்கிய கடனில் கழிவது 3,033தான். இப்படியே ஐந்து வருடம் ஒரு மாதம் தவறாமல் கட்டி, கிட்டத்தட்ட 20 இலட்சம் கொடுத்து முடித்த பிறகு மீதி எவ்வளவு என்று கேட்டால் 27 இலட்சத்து 52 ஆயிரம் என்பார்கள். ஒருவர் இந்த மீதியைக் கேட்டுவிட்டு, ரசீதுகளையெல்லாம் பிளாஸ்டிக் உறையிலிருந்து எடுத்து என் மேசையில் வரிசையாக அடுக்கி வைத்தது இன்னும் கண்ணில் நிற்கிறது. வங்கி பிழை செய்துவிட்டது என்று நினைத்தார். பிழை எதுவும் இல்லை, கணக்கு அப்படித்தான். ஆனால் கையெழுத்துப் போடும் அன்றைக்கே அந்தத் தவணை அட்டவணையை அவர் கையில் கொடுத்து விளக்கியிருக்க வேண்டும், அதை யாரும் செய்யவில்லை.

சரி, எடுக்கலாமா? எடுங்கள், ஆனால் 20 வருடத்துக்கு வேண்டாம். இதே 30 இலட்சத்தை 15 வருடத்துக்கு எடுத்தால் தவணை 36,005. மாதம் ஏறக்குறைய 3,000 ரூபாதான் கூட. மொத்தமோ 64 இலட்சத்து 81 ஆயிரமாகக் குறைந்துவிடும், 14 இலட்சத்து 47 ஆயிரம் மிச்சம். இரண்டு சம்பளம் வரும் வீட்டில் மாதம் 3,000 ரூபாயை எங்காவது தேடிப் பிடித்துவிடலாம், 14 இலட்சத்தை அப்படிப் பிடிக்க முடியாது. போகும்போது அந்த அட்டவணையைக் கேட்டு வாங்குங்கள். அதைக் கேட்க உங்களுக்கு முழு உரிமை இருக்கிறது.

பண்டாரவளையிலிருந்து: முதல் இரண்டு வருடம் நிலையான வட்டி, அதற்குப் பிறகு ஏ.டபிள்யூ.பி.ஆர். கூட்டல் மூன்று என்று கடிதத்தில் இருக்கிறது. அதற்கு என்ன அர்த்தம்?

இரண்டு வருடத்துக்குப் பிறகு உங்கள் வட்டி என்னவாக இருக்கும் என்று இன்றைக்கு யாராலும் சொல்ல முடியாது என்று அர்த்தம். வங்கிகள் தங்களுடைய மிக நம்பிக்கையான வாடிக்கையாளர்களுக்குக் கொடுக்கும் கடன்களின் சராசரி வட்டி வீதம்தான் ஏ.டபிள்யூ.பி.ஆர்., மத்திய வங்கி அதை வாராவாரம் வெளியிடுகிறது. அதன் மேல் மூன்று சதவீதம் சேர்த்து உங்களிடம் வாங்குவார்கள்.

2021 நடுப்பகுதி வரை அந்த வீதம் 6 சதவீதத்துக்கும் கீழே கிடந்தது. 2022 ஏப்ரல் 8ஆம் திகதி மத்திய வங்கி ஒரே நாளில் கொள்கை வட்டியை, அதாவது மற்ற வங்கிகளின் வட்டிக்கு அடிப்படையான வீதத்தை, 7 சதவீதப் புள்ளி ஏற்றியது, அந்த வருடக் கடைசியில் ஏ.டபிள்யூ.பி.ஆர். 27 சதவீதத்தைத் தாண்டி நின்றது. மேலே டீச்சருக்குச் சொன்ன கணக்கையே எடுத்துக்கொள்ளுங்கள். மீதி 27 இலட்சத்து 52 ஆயிரம் இருக்கும்போது வட்டி 24 சதவீதம் ஆகிவிட்டால் ஒரு மாத வட்டி மட்டும் 55,000. 33,000 கட்டி வந்தவர் அதே 33,000ஐக் கட்டினால் கடன் குறையாது, மாதம் 22,000 ரூபா ஏறும். அந்த நாட்களில் தவணைக்காகத் தாலிக்கொடியை அடகு வைத்துவிட்டு வந்தவர்களை நானே பார்த்தேன். சாப்பாட்டுச் சாமான் விலை இரண்டு மடங்கு, மூன்று மடங்கு போன அதே மாதங்கள் அவை.

அப்புறம் வட்டி இறங்கியது உண்மைதான், 2025 மே மாதத்தில் மத்திய வங்கியின் ஓரிரவுக் கொள்கை வீதம் 7.75 வரை வந்தது. ஆனால் வீட்டுக்கடன் 15, 20 வருடத்துக்கு. ஒரு 2022ஐத் தாங்கும் வசதி வீட்டில் இருக்கிறதா என்று பாருங்கள். என் கணக்கு இது: இன்றைய தவணையின் ஒன்றேமுக்கால் மடங்கைக் கட்ட முடியாத நிலை என்றால் கடன் தொகையைக் குறையுங்கள். ஐந்து வருடமாவது நிலையான வட்டி தரும் வங்கி இருந்தால், ஒரு சதவீதம் கூட என்றாலும் அதையே எடுப்பேன். மாறும் வட்டிக்கு உச்ச வரம்பு உண்டா என்றும் கேட்டு, உண்டு என்றால் எழுத்தில் வாங்குங்கள்.

மஸ்கெலியாவிலிருந்து ஒரு தம்பி: தோட்டத்தில் 7 பேர்ச்சஸ் காணியில் வீடு. உறுதி (காணிப் பத்திரம்) கையில் இல்லை, வங்கி தராது என்கிறது. ஒரு நிதி நிறுவனம் 5 இலட்சம் தருகிறது, 10 சதவீதம்தான், 5 வருடம். வங்கியை விடக் குறைவுதானே?

குறைவு இல்லை தம்பி. அவர்கள் சொல்வது நேர் வட்டி. 5 இலட்சத்துக்கு 10 சதவீதம் என்று ஐந்து வருடத்துக்கும் சேர்த்து 2,50,000ஐ முதலிலேயே கூட்டி, 7,50,000ஐ 60ஆல் வகுத்து மாதம் 12,500 என்பார்கள். நீங்கள் மாதாமாதம் வாங்கிய கடனைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டே வந்தாலும், கடைசி மாதம் வரை முழு 5 இலட்சத்துக்கும் வட்டி எடுப்பார்கள். வங்கி கணக்குப் போடும் குறைந்து செல்லும் மீதி முறைக்கு மாற்றினால் இது 17 சதவீதத்துக்கும் மேல். எங்கே போனாலும் "நேர் வட்டியா, குறைந்து செல்லும் மீதிக்கா?" என்று முதலில் கேளுங்கள்.

உறுதி விஷயம் இதை விடப் பெரியது. தோட்டக் காணி அரசுடையது, கம்பெனிகள் குத்தகைக்கு வைத்திருப்பது. வீடு கிடைத்தது, சாவி கிடைத்தது, விழாவும் நடந்தது, ஆனால் காணிப் பதிவகத்தில் உங்கள் பெயர் ஏறாதவரை அதை ஈடு வைத்துக் குறைந்த வட்டிக்கு எடுக்க வழியில்லை. இருநூறு வருட உழைப்புக்குப் பிறகும் எங்கள் ஆட்கள் கூடின வட்டிக்கே கடன் வாங்க வேண்டியிருப்பதற்கு இந்தக் காகிதம் ஒரு பெரிய காரணம். உங்களுக்குத் தந்த பத்திரம் எதுவாக இருந்தாலும் ஒரு நொத்தாரிசிடம் காட்டி, அது பதிவானதா, ஈடு வைக்கத் தடை போட்டிருக்கிறதா என்று இரண்டு கேள்வி கேளுங்கள். அது தெரியும்வரை 12,500க்குக் கையெழுத்துப் போடாதீர்கள்.

நாவலப்பிட்டியிலிருந்து: அப்பாவுக்கு 45 வயது, ஈ.பி.எஃப்.இல் (ஊழியர் சேமலாப நிதியில்) 12 இலட்சம் இருக்கிறது. வீட்டு வேலைக்கு 30 சதவீதம் எடுக்கலாம் என்கிறார்கள். அதை எடுப்பதா, கடன் வாங்குவதா?

பத்து வருடம் பங்களிப்பு இருந்து, கணக்கில் 3 இலட்சத்துக்குக் குறையாமல் இருந்தால் வீட்டுத் தேவைக்கு 30 சதவீதம் எடுக்கலாம். உங்கள் அப்பாவுக்கு 3,60,000 வரும். எடுக்காமல் விட்டால் 9 சதவீத வட்டி என்று வைத்தாலும் அவருடைய 55 வயதில் அது ஏறக்குறைய 8 இலட்சத்து 52 ஆயிரம். கடனாக எடுத்தால் பத்து வருடத்துக்கு மாதம் 5,165 கட்ட வேண்டும், மொத்தம் 6 இலட்சத்து 20 ஆயிரம்.

இதைப் பார்த்தவுடன் கடன்தான் மலிவு என்று தோன்றும். ஆனால் ஈ.பி.எஃப். காசை எடுத்துவிட்டு, கட்ட வேண்டியிருக்காத அந்த 5,165ஐ மாதாமாதம் 8 சதவீதம் தரும் ஒரு கணக்கில் போட்டு வந்தால் பத்து வருடத்தில் 9 இலட்சத்து 45 ஆயிரம் சேரும். ஆக, எடுப்பதுதான் இலாபம். ஆனால் ஒரு மாதம் விடாமல் போட்டால்தான். தீபாவளிக்கும் தங்கச்சியின் சடங்குக்கும் அந்தக் கணக்கில் கை வைக்கும் வீடு என்றால் ஈ.பி.எஃப்.ஐத் தொடாதீர்கள், அப்பாவுக்கு வயதான காலத்தில் இருக்கும் ஒரே காசு அது. உங்கள் வீட்டைப் பற்றி உங்களுக்குத்தான் தெரியும்.

அப்புத்தளையிலிருந்து: 10 பேர்ச்சஸ் காணி 25 இலட்சத்துக்குப் பேசியிருக்கிறோம், சரிவான இடம். கடனைத் தவிர வேறு என்ன செலவு வரும்?

முத்திரைத் தீர்வை முதல் ஒரு இலட்சத்துக்கு 3 சதவீதம், மிச்சத்துக்கு 4 சதவீதம். 25 இலட்சத்துக்கு 99,000 ரூபா. அதற்கு மேல் நொத்தாரிசு, சர்வேயர், வங்கியின் மதிப்பீட்டாளர், ஈட்டு உறுதி எழுதும் செலவு, தீக் காப்புறுதி, கடன்காரர் இறந்தால் கடனை அடைக்கும் ஆயுள் காப்புறுதி. இவை எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதித் தரச் சொல்லுங்கள். சில இடங்களில் காப்புறுதிக் கட்டணத்தைக் கடனோடு சேர்த்துவிடுவார்கள், அதற்கும் கடன் முடியும்வரை வட்டி கட்டுவீர்கள்.

ஆனால் நீங்கள் கேட்டதில் என் கண்ணில் பட்டது "சரிவான இடம்" என்பதுதான். முற்பணம் ஒரு சதம் கொடுப்பதற்கு முன்னால் தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனத்திடம் மண்சரிவு அபாயம் பற்றிய அறிக்கையை எடுங்கள். உங்களுக்குப் பக்கத்தில்தான் கொஸ்லந்தை மீரியபெத்தை, 2014 ஒக்டோபர் 29 காலையில் லயங்கள் மண்ணுக்குள் போனது. கட்டலாம் என்று அறிக்கை சொன்னாலும் தாங்குசுவர், வடிகான் என்று நிபந்தனை போடுவார்கள், அந்தச் சுவரின் செலவு கடன் கணக்கில் இருக்காது. மேசன் பாஸ் ஒருவரைக் கூட்டிப்போய் இடத்தைக் காட்டி அந்தத் தொகையைக் கேட்டு, 25 இலட்சத்தோடு கூட்டிப் பாருங்கள். காப்புறுதிப் பத்திரத்தில் மண்சரிவு என்ற சொல் இருக்கிறதா என்றும் தேடுங்கள். வீடு போனாலும் கடன் போகாது.

தலவாக்கலையிலிருந்து ஓர் அக்கா: மகன் கட்டாரிலிருந்து 3 இலட்சம் அனுப்பியிருக்கிறான். கடன் எடுத்து ஒரு வருடம்தான் ஆகிறது (30 இலட்சம், 20 வருடம்). கடனில் போடவா, நகை வாங்கவா?

கடனில் போடுங்கள் அக்கா. இப்போது உங்கள் மீதி 29 இலட்சத்து 61 ஆயிரம் இருக்கும். 3 இலட்சத்தைப் போட்டுவிட்டு அதே 33,033ஐக் கட்டி வந்தால் கடன் 63 மாதம் முன்னாலேயே முடிந்துவிடும். ஐந்தேகால் வருடத் தவணை, 20 இலட்சத்துக்கு மேல், கட்டத் தேவையில்லை. மகன் கஷ்டப்பட்டு அனுப்பிய காசு ஏறக்குறைய ஏழு மடங்கு வேலை செய்கிறது. இதே காசை பத்து வருடம் கழித்துப் போட்டால் இவ்வளவு வராது, ஆரம்பத்தில் போடுவதற்குத்தான் இந்தப் பலன்.

ஒன்றை மட்டும் கவனியுங்கள். காசைக் கட்டும்போது "தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள்" என்று கடிதம் எழுதிக் கொடுத்து, பிரதியில் முத்திரை வாங்குங்கள். சொல்லாவிட்டால் தவணையைக் குறைத்துவிட்டு 20 வருடத்தை அப்படியே வைத்துவிடுவார்கள், சிலர் முற்கொடுப்பனவாகப் பிடித்து வைத்து மாதாமாதம் தவணைக்கு எடுப்பார்கள். முன்கூட்டிக் கட்டுவதற்குக் கட்டணம் உண்டா என்றும் கேளுங்கள்.

கம்பளையிலிருந்து: சித்தப்பாவின் வீட்டுக்கடனுக்குப் பிணை நிற்கச் சொல்கிறார். வெறும் கையெழுத்துதான் என்கிறார்.

வெறும் கையெழுத்து இல்லை. அவர் கட்டாவிட்டால் வங்கி நேரே உங்களிடம் வரலாம், அதற்கான வாசகம் பிணைப் பத்திரத்திலேயே இருக்கும். உங்கள் கிரிப் அறிக்கையிலும் (கடன் தகவல் பணியகத்தின் பதிவிலும்) அந்தக் கடன் ஏறும், நாளைக்கு நீங்கள் சொந்தமாகக் கடன் கேட்கும்போது அது முன்னால் வந்து நிற்கும். சித்தப்பாவிடம் தவணை அட்டவணையை வாங்கிப் பாருங்கள், அவரால் முடியாத மாதங்களில் அந்தத் தவணையை நீங்கள் கட்டச் சம்மதமா என்று வீட்டில் மனைவியோடும் பேசுங்கள். இருவருக்கும் சம்மதம் என்றால் போடுங்கள். இல்லையென்றால் இப்போதே மறுத்துவிடுங்கள், சித்தப்பாவுக்கு வேறு ஆள் தேட நேரமாவது கிடைக்கும்.