கார் பந்தயத்தை ஒரே அணியாக ஆட, பிளேஸ்டேஷனில் என்னென்ன அமைக்க வேண்டும்?

நீங்கள் கேட்டிருப்பது இது: டர்பன் ஃபீனிக்ஸில் உங்கள் வீட்டில் ஒரு பிளேஸ்டேஷன் 5 இருக்கிறது, பிள்ளைகள் இருவரும் கார் பந்தயம் ஆடினால் ஒருவர் வண்டியை ஒருவர் இடித்துத் தள்ளி, கடைசியில் சண்டையில் முடிகிறது, அவர்களை எதிரெதிராக விடாமல் ஒரே அணியில் ஆடவைக்க வேண்டும், முடிந்தால் ஜோகன்னஸ்பர்க் லெனேசியாவில் இருக்கும் உங்கள் அண்ணன் மகனையும் சேர்த்துக்கொள்ள வேண்டும். இரண்டுமே செய்யக்கூடியவைதான். நானும் டர்பனில்தான், சாட்ஸ்வொர்த்தில் இருந்துகொண்டு ஜோகன்னஸ்பர்க்கில் உள்ள என் அக்கா மகனோடு நெடுநாளாக இப்படித்தான் ஆடி வருகிறேன் என்பதால், எனக்குத் தெரிந்ததைச் சற்று விரிவாகவே எழுதுகிறேன்.

கேமை வாங்குவதற்கு முன் பார்க்க வேண்டியது, திரையை இரண்டாகப் பிரிக்க முடியுமா என்பதை அன்று; ஆட்டம் முடிந்ததும் வெற்றி யார் கணக்கில் சேர்கிறது என்பதைத்தான். கிரான் டூரிஸ்மோ 7-ஐ எடுத்துக்கொள்ளுங்கள். அதில் இருவர் ஒரே திரையில் ஆட முடியும். பிளேஸ்டேஷன் 5-இல் 2023 நவம்பரில் வந்த அப்டேட்டுக்குப் பிறகு நால்வர் வரை ஆடலாம். ஓட்டுவதற்கு அதைவிட அழகான கேம் கிடைப்பது அரிது. ஆனாலும் அங்கே திரையைப் பிரிப்பது ஒருவரையொருவர் முந்துவதற்காகத்தான். சேர்ந்து சம்பாதிக்கப் பொதுவான புள்ளியோ பரிசோ அதில் கிடையாது. உங்கள் வீட்டுச் சண்டைக்கு அது மருந்தாகாது.

ஒரே சோபாவில் இருவரும் உட்கார்ந்து ஆடுவதற்கு நான் முதலில் சொல்வது, 2020-இல் வெளிவந்த டர்ட் 5. அதன் கேரியர் பகுதியையே, அதாவது பந்தயம் பந்தயமாக முன்னேறிச் செல்லும் முக்கிய ஆட்டத்தையே, நால்வர் வரை திரையைப் பிரித்து ஆடலாம். கணினி ஓட்டும் மற்ற வண்டிகளுக்கு எதிராக உங்கள் பிள்ளைகளில் யார் முன்னால் வந்து சேருகிறாரோ அவருடைய இடமே எல்லோருக்குமான முடிவாக எடுத்துக்கொள்ளப்படும். இந்த ஒரு விதி ஆட்டத்தின் குணத்தையே மாற்றிவிடுகிறது. தம்பி மூன்றாவதாக ஓடிக்கொண்டிருக்கும்போது பின்னால் வரும் அக்கா அவனை இடித்தால் நட்டம் இருவருக்குமே என்பது இரண்டு பந்தயத்துக்குள் அவர்களுக்கே புரிந்துவிடும்; நீங்கள் எடுத்துச் சொல்ல வேண்டியிராது. நம் தென்னாப்பிரிக்காவும் அந்தக் கேமின் ஓட்டக் களங்களில் ஒன்று என்பதைப் பிள்ளைகளிடம் சொல்லுங்கள், ஆர்வத்தோடு உட்காருவார்கள்.

அதை அமைப்பதில் பணம் மிச்சப்படுத்தும் ஒரு செய்தி உண்டு. பிளேஸ்டேஷன் 4-இன் பழைய டூயல்ஷாக் கன்ட்ரோலர், பிளேஸ்டேஷன் 5-க்கென்று எழுதப்பட்ட கேம்களில் வேலை செய்யாது. ஆனால் அதே கன்சோலில் ஓடும் பிளேஸ்டேஷன் 4 கேம்களில் வேலை செய்யும். டர்ட் 5 இரண்டு பதிப்பாகவும் இருப்பதால், உறவினர் வீட்டில் சும்மா கிடக்கும் பழைய கன்ட்ரோலரை வாங்கி வந்து, கன்சோலில் பிளேஸ்டேஷன் 4 பதிப்பை நிறுவிக்கொண்டால் புதிய கன்ட்ரோலருக்குச் செலவழிக்க வேண்டாம். உங்கள் கன்சோலில் டிஸ்க் போடும் இடம் இருந்தால், பழைய டிஸ்க் ஒன்றைத் தேடிப் பாருங்கள். இரண்டாவது கன்ட்ரோலரை முதல் முறை மட்டும் யூஎஸ்பி கேபிளால் கன்சோலோடு இணைத்து, நடுவில் உள்ள பிஎஸ் பொத்தானை அழுத்தினால், இதை யார் பயன்படுத்தப் போகிறார் என்று திரையில் கேட்கும்; அங்கே இரண்டாவது பிள்ளைக்கு ஒரு தனிக் கணக்கைத் தேர்ந்தெடுங்கள். டிவியின் செட்டிங்ஸில் கேம் மோடையும் போட்டுவிடுங்கள். படத்தை அழகுபடுத்த டிவி எடுத்துக்கொள்ளும் நேரம் குறைந்து, கை திருப்பியதும் வண்டி திரும்பும். திரை பாதியாகும்போது தொலைவில் வரும் வளைவு சிறிதாகத் தெரியும் என்பதால் இந்தத் தாமதம் வழக்கத்தைவிட அதிகமாக உறுத்தும்.

இனி லெனேசியாவில் இருக்கும் பிள்ளை. இரண்டு வீடு, இரண்டு கன்சோல், இரண்டு பேர் என்றால் என் பரிந்துரை எஃப்1, அதாவது ஃபார்முலா 1 கேம்களில் உள்ள இருவர் கேரியர். 2021-ஆம் ஆண்டுக் கேமில் அறிமுகமான இந்தப் பகுதியைத் தொடங்கும்போது இரண்டு வழிகள் கேட்கப்படும்: இருவரும் ஒரே அணியின் இரண்டு ஓட்டுநர்களாக இருப்பது ஒன்று, தனித்தனி அணிகளிலும் ஒப்பந்தம் செய்துகொள்ளக்கூடியது மற்றொன்று. நீங்கள் முதலாவதையே எடுங்கள். எஃப்1-இல் முதலிடத்துக்கு 25 புள்ளி, பிறகு 18, 15, 12, 10, 8 என்று இறங்கிக்கொண்டே போகும். ஒருவர் முதலாவதாகவும் மற்றவர் ஆறாவதாகவும் வந்தால் அணிக்குக் கிடைப்பது 33. இருவரும் இரண்டாவது, மூன்றாவது என்று வந்தாலும் அதே 33. ஒருவர் மட்டும் வீரனாக இருந்தால் போதாது, கூட வருபவரையும் மேலே இழுத்து வர வேண்டும் என்பது இந்தக் கணக்கிலேயே இருக்கிறது. ஜோடி ஷெக்டர் 1979-இல் உலகச் சாம்பியன் ஆன நாடு நம்முடையது. ஜோகன்னஸ்பர்க் அருகே உள்ள கயலாமி ஓட்டக் களத்தில் கடைசியாக எஃப்1 ஓடியது 1993-இல். அந்தப் பந்தயத்தை நேரில் பார்த்த பெரியவர்கள் உங்கள் குடும்பத்தில் இருந்தால் பிள்ளைகளை அவர்களோடு பேசவிடுங்கள்.

இதற்கு இரண்டு வீட்டிலும் ஒரே ஆண்டின் கேம் இருக்க வேண்டும். ஒருவரிடம் எஃப்1 23-உம் மற்றவரிடம் எஃப்1 24-உம் இருந்தால் சேர முடியாது. ஒருவர் கேரியரைத் தொடங்கி மற்றவருக்கு அழைப்பு அனுப்ப வேண்டும். இருவரும் ஆன்லைனில் இருந்தால்தான் அது அடுத்த கட்டத்துக்கு நகரும். எனவே வாரத்தில் எந்த நாள், எத்தனை மணிக்கு என்று பெரியவர்கள் முன்கூட்டியே பேசி வைத்துக்கொள்வது நல்லது. பந்தயத்தின் நீளத்தை 25 சதவீதமாக வைத்து, பயிற்சி ஓட்டங்களைக் குறைத்துக்கொண்டால், பள்ளி நாளின் மாலையிலும் ஒரு பந்தயம் முடிந்துவிடும். கணினி ஓட்டுநர்களின் திறமை இருவருக்கும் பொதுவான ஓர் எண்; ஆனால் பிரேக் உதவி, சறுக்கலைத் தடுக்கும் உதவி, பாதையைக் காட்டும் கோடு ஆகியவை ஒவ்வொருவருக்கும் தனித்தனி. வயதில் சிறியவருக்கு எல்லா உதவிகளையும் போட்டுவிடுங்கள். அதைக் கேலி செய்ய யாரையும் விடாதீர்கள்; உதவியோடு எட்டாவதாக வந்து சேரும் குழந்தை அணிக்கு 4 புள்ளி கொண்டுவருகிறது, உதவியில்லாமல் சுவரில் மோதும் குழந்தை ஒன்றும் கொண்டுவருவதில்லை.

நாங்கள் ஆடும்போது மைக்கில் ஓடும் பேச்சு பெரும்பாலும் இப்படித்தான் இருக்கும். "மாமா, என் டயர் போச்சு, நீங்க முன்னால போங்க" என்பான் அவன். நான் நேர்ச்சாலையில் அவனுக்குப் பின்னால் ஒட்டிக்கொண்டு வந்து, காற்றின் தடை குறைந்த அந்த வேகத்தில் வலப்பக்கம் கடப்பேன். அவன் அடுத்த வளைவில் உள்பக்கத்தை அடைத்துக்கொண்டு, எனக்குப் பின்னால் வருபவரைச் சற்று நேரம் தாமதப்படுத்துவான். இந்தப் பேச்சு இல்லாமல் இரண்டு பேர் ஒரே அணியில் இருப்பதில் பொருளே இல்லை என்று நான் கருதுகிறேன். விலை குறைந்ததாக இருந்தாலும் மைக் உள்ள ஒரு ஹெட்செட் அவசியம்.

உங்கள் வீட்டில் ஒரே கன்சோலில் இருவர், லெனேசியாவில் ஒருவர் என்பதுதான் சிக்கலான பகுதி. எஃப்1 இருவர் கேரியரில் ஒரு வீட்டுக்கு ஒருவர்தான். ஃபோர்ஸா ஹொரைசன் 5-இல், 2025 முதல் அது பிளேஸ்டேஷனிலும் இருக்கிறது, ஒரு குழுவாகச் சேர்ந்து ஆறு பேர் வரை கணினி ஓட்டுநர்களை எதிர்த்து ஓடலாம். அருமையான ஏற்பாடு, ஆனால் திரைப் பிரிப்பு அதில் இல்லை, ஆகவே அங்கேயும் ஒரு கன்சோலுக்கு ஒருவர்தான். ஒரே கன்சோலில் இருவர் அமர்ந்து, அப்படியே ஆன்லைனில் வெளியூர் நண்பரையும் சேர்த்துச் சிவப்பு, நீலம் என்று அணி பிரித்து ஆட வேண்டுமானால் நிண்டெண்டோ ஸ்விட்சில் மாரியோ கார்ட் 8 டீலக்ஸ் இருக்கிறது. அதற்காக இன்னொரு கன்சோல் வாங்குங்கள் என்று நான் சொல்ல மாட்டேன்.

அதைவிட நல்ல வழி, மூன்றாவது பிள்ளையைப் பந்தய எஞ்சினியராக ஆக்குவது. உங்கள் வீட்டில் ஒருவர் ஓட்டட்டும், மற்றவர் பக்கத்தில் ஒரு நோட்டுப் புத்தகத்தோடு உட்காரட்டும். எந்தச் சுற்றில் டயர் மாற்றினோம், எவ்வளவு எரிபொருள் மிச்சம், லெனேசியாவில் இருப்பவன் எத்தனையாவது இடத்தில் ஓடுகிறான், மழை வரப் போகிறதா என்பதையெல்லாம் அவர் பார்த்துச் சொல்ல வேண்டும். அடுத்த பந்தயத்தில் இடம் மாறிக்கொள்ள வேண்டும். ஓட்டுபவரின் கண் வளைவை விட்டு நகர முடியாது என்பதால் இது பெயருக்குக் கொடுத்த வேலை அன்று. ராலிப் பந்தயங்களில் பக்கத்து இருக்கைக்காரர் வளைவுகளைப் படித்துச் சொல்வது போலத்தான். டபிள்யூஆர்சி 9 கேமில் அந்த வேலையையே இணையம் வழியாக இரண்டாவது ஆளிடம் கொடுக்கும் பகுதி ஒன்று உண்டு. உங்கள் பிள்ளைகளில் எவருக்கு நிதானம் அதிகமோ அவர் இந்த வேலையை மிகவும் விரும்பக்கூடும்.

கணக்குகளைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். ஆன்லைனில் ஆட பிளேஸ்டேஷன் பிளஸ் சந்தா வேண்டும். ஒருவர் சந்தா கட்டி, அந்தக் கன்சோலில் பகிர்வு அமைப்பை இயக்கி வைத்தால், அதே கன்சோலில் உள்ள மற்றக் கணக்குகளும் ஆன்லைனில் ஆடலாம். பிள்ளைகளுக்குச் சிறுவர் கணக்கைத் திறந்து, குடும்ப மேலாளராக நீங்கள் இருங்கள். அழைப்பு வந்தும் சேர முடியவில்லை, குரல் கேட்கவில்லை என்றால், சிறுவர் கணக்கில் தகவல் தொடர்புக்கான அனுமதி மூடியிருக்கிறதா என்று முதலில் பாருங்கள். இரண்டு வீட்டிலும் பார்க்க வேண்டும்.

கடைசியாக இணைப்பு. டர்பனிலிருந்து ஜோகன்னஸ்பர்க்குக்குச் சாலை வழியே ஏறத்தாழ 570 கிலோமீட்டர். நல்ல ஃபைபர் இணைப்பு இருந்தால் ஒரு செய்தி போய்வரும் நேரம், அதாவது பிங், பொதுவாக 20 மில்லி விநாடிக்குள் இருக்கும். இதே செய்தி டர்பனுக்கு வடக்கே உள்ள முட்டுன்சினிக் கடற்கரையிலோ மேற்குக் கரையிலோ இறங்கும் கடலடிக் கேபிள் வழியாக ஐரோப்பாவிலுள்ள ஒரு சர்வரைத் தொட்டு வர வேண்டுமானால் 160-ஐத் தாண்டிவிடும். மணிக்கு 300 கிலோமீட்டர் வேகத்தில் ஓடும் கார் விநாடிக்கு 83 மீட்டர் போகிறது. 170 மில்லி விநாடியில் அது 14 மீட்டர் நகர்ந்திருக்கும், அதாவது இரண்டரைக் கார் நீளம். பக்கத்தில் இருக்கும் தோழன் திடீரென்று உங்கள் மேலேயே தோன்றுவது இதனால்தான். ஆகவே சர்வர் வட்டாரத்தைத் தேர்ந்தெடுக்கும் வசதி கேமில் இருந்தால் தென்னாப்பிரிக்காவைத் தேர்ந்தெடுங்கள்.

வேகமான ஃபைபர் பேக்கேஜுக்கு மாற வேண்டியதில்லை. பந்தயத்துக்குத் தேவைப்படும் டேட்டா மிகக் குறைவு. தேவை, இடையறாமல் வருவதுதான். வைஃபையை விட்டுவிட்டு ரூட்டரிலிருந்து கன்சோலுக்கு லேன் கேபிள் போடுங்கள். வீட்டில் யாராவது கோயில் காவடி வீடியோவை அந்த நேரத்தில் மேலேற்றிக்கொண்டிருந்தால் பிங் எகிறும். பந்தயம் முடிந்த பிறகு ஏற்றச் சொல்லுங்கள். கன்சோலின் நெட்வொர்க் பகுதியில் இணைய இணைப்பைச் சோதித்தால் என்ஏடி வகை என்று ஓர் எண் வரும்; மற்ற வீட்டுக் கன்சோல் உங்களோடு எவ்வளவு எளிதாக இணைய முடியும் என்பதை அது காட்டும். 2 என்று வந்தால் போதும். 3 என்று வந்தால் ரூட்டரில் யூபிஎன்பி என்பதை, அதாவது கேமுக்கு வேண்டிய வழியைத் தானே திறந்துவிடும் வசதியை, இயக்கிப் பாருங்கள். அதற்கும் மாறவில்லையென்றால், உங்கள் இணைய நிறுவனம் பல வீடுகளுக்கு ஒரே பொது முகவரியைப் பகிர்ந்து கொடுத்திருக்கக்கூடும்; சிம் போட்ட எல்டிஇ ரூட்டர்களில் இது சாதாரணம். எங்கள் நிறுவனமும் அப்படித்தான் வைத்திருந்தது. போன் செய்து தனிப் பொது முகவரி வேண்டும் என்று விடாமல் கேட்ட பிறகே மாற்றிக் கொடுத்தார்கள், அன்றிலிருந்து அழைப்புகள் ஒழுங்காகப் போய்ச் சேருகின்றன.

மின்வெட்டு முன்பு போல் இல்லையென்றாலும் முழுதாகப் போய்விடவில்லை. டிவிக்கும் கன்சோலுக்கும் இன்வெர்ட்டர் வைத்திருக்கும் பலர் ரூட்டரையும் ஃபைபர் பெட்டியையும் மறந்துவிடுகிறார்கள். அவை இரண்டுக்கும் ஒரு சிறிய யூபிஎஸ் போதும். அதை லெனேசியா வீட்டிலும் வைக்கச் சொல்லுங்கள், ஏனென்றால் இருவர் கேரியரில் ஒரு வீட்டின் இணைப்பு அறுந்தாலும் மற்ற வீட்டின் பந்தயமும் குலைந்துபோகும்.