வங்காளத்து ஆட்டங்கள்: கேட்டவையும் சொன்னவையும்

திருச்சியிலிருந்து ஒருவர்: அக்கா, மஹுவா முகர்ஜி என்ன செய்தார்? சுருக்கமாகச் சொல்லுங்கள்.

இதைச் சுருக்க எனக்கு மனம் வராது. கொல்கத்தா ரவீந்திர பாரதி பல்கலைக்கழகத்தில் நடனத் துறைப் பேராசிரியராக இருந்தவர் அவர். வங்காளத்துக்கும் ஒரு செவ்வியல் நடனம் இருந்தது என்று உறுதியாக நம்பினார். கணவர் அமிதாவ முகர்ஜியோடு சேர்ந்து, அதை 'கௌடிய நிருத்தியம்' என்ற பெயரில் மீட்டெடுத்தார்.

ஏடுகளில் தேடினார். வங்க நாட்டை நாட்டிய சாஸ்திரம் 'ஒட்ர மாகதி' என்ற கிழக்குப் பகுதிகளின் ஆட்ட வழக்கில் சேர்த்துச் சொல்கிறது. மேற்கு வங்கத்தின் பிஷ்ணுபூர் ஊர்ச் சுடுமண் கோயில்களிலும் தேடினார். அங்கே ஷ்யாம் ராய் கோயில் (1643) சுவரெல்லாம் ஆடுகிறவர்கள்தான். ஆனால் சிலை ஒரு நிலையைத்தான் காட்டும். அங்கிருந்து அடுத்த அடிக்கு உடம்பு எப்படிப் போகும் என்று அதனிடம் கேட்க முடியாது. அதனால் கிராமத்து ஆசான்களிடம் போனார். அவர்களில் ஒருவர், மேற்கு வங்கத்தின் புருலியா மாவட்டத்தில் முகமூடி மாட்டி ஆடும் சௌ ஆட்டத்தின் கலைஞர் கம்பீர் சிங் முடா, 1981இல் பத்மஸ்ரீ பெற்றவர். என்னைக் கேட்டால் மஹுவாவின் வேலைக்கு உயிர் வந்தது இங்கேதான். ஆகவே தயவுசெய்து யாரும் இந்தக் கிராமத்து ஆட்டங்களை 'வெறும் நாட்டுப்புற ஆட்டம்' என்று எழுதாதீர்கள்.

மதுரை: கௌடியம் செவ்வியல் நடனமா, இல்லையா?

இசை, நடனம், நாடகத்துக்கான தேசிய அமைப்பான சங்கீத நாடக அகாதமியின் செவ்வியல் பட்டியலில் எட்டு நடனங்கள் உண்டு. 2000இல் அசாமின் சத்ரியா எட்டாவதாகச் சேர்ந்தது. கௌடியம் அதில் இல்லை.

சேலம்: இல்லையென்றால் அது புதிதாகக் கட்டியதுதானே? பரதம் மாதிரி தொன்மை ஏது?

பரதத்தை இழுத்துவிட்டீர்கள், அதனால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். நாம் இன்று மேடையில் பார்க்கும் பரதமும் 1930களில், தேவதாசிகள் ஆடிய சதிரிலிருந்து பெயரும் உடையும் மேடையும் மாறி வந்ததுதான். ஒடிசியை ஆசான்கள் கூடி உட்கார்ந்து ஒழுங்குபடுத்தியது 1950களில். மீட்டுருவாக்கம் என்பதாலேயே ஒன்றைத் தள்ளிவிட்டால் இவற்றையும் தள்ள வேண்டிவரும்.

கோவை: இது சரியான ஒப்பீடு இல்லை. சதிருக்கு ஆடிய குடும்பங்கள் இருந்தார்கள், நட்டுவனார்கள் இருந்தார்கள்.

ஒப்புக்கொள்கிறேன், நல்ல இடத்தில் பிடித்தீர்கள். ஒடிசிக்கும் மஹரிகள் என்ற கோயில் ஆடல் பெண்கள், பெண் வேடத்தில் ஆடும் கோடிபுவாப் பிள்ளைகள் இருந்தார்கள். கௌடியத்துக்கு அப்படி அறுபடாத ஒரே சரடு கிடையாது. கீர்த்தனம், நாச்னி என்ற பெண்களின் ஆட்டம், குஷான் என்ற ராமாயணக் கூத்து, சௌ என்று பல கைகளில் சிதறிக் கிடந்ததைக் கோத்திருக்கிறார்கள். கோத்த மாலைதான் பழைய மாலை என்று நானும் சொல்லமாட்டேன். ஆனால் பூக்கள் அந்த மண்ணில் பூத்தவை.

நெல்லை: அப்போ செவ்வியல்தானா?

மேலே சொல்லியாயிற்று.

தஞ்சாவூர்: அரசு அங்கீகாரம் உண்டா அக்கா?

மதுரைக்குச் சொன்ன பதிலைப் படியுங்கள். இந்தக் கேள்வியை இனி எடுத்துக்கொள்ளப் போவதில்லை.

புதுச்சேரி: ராய்பேஷே என்றால் என்ன?

இதைக் கேட்டதற்கு நன்றி. நிலக்கிழார்களிடம் காவல் வீரர்களாக இருந்தவர்களின் ஆட்டம் அது. கையில் ஆயுதம் இருக்காது. ஆனால் வில் வளைப்பதும் ஈட்டி எறிவதும் அப்படியே தெரியும். வலது காலில் மட்டும் சலங்கை. அதை 1930இல் பீர்பூமில் கண்டு வெளியே கொண்டுவந்தவர் அங்கே ஆட்சியராக இருந்த குருசதய் தத். நாட்டுப்புறக் கலையும் உடற்பயிற்சியும் நாட்டுப்பற்றும் வளர்க்க 1932இல் அவர் தொடங்கிய பிரதசாரி இயக்கத்தில் இந்த ஆட்டத்துக்கு இடம் கொடுத்தார். ஆனால் ஆடியவர்கள் பாக்தி, பாவுரி, டோம் என்ற ஒடுக்கப்பட்ட சாதி மக்கள். கண்டவர் பெயரை மட்டும் சொல்லிவிட்டு ஆடியவர்களை விட்டுவிடாதீர்கள்.

சென்னை: குழந்தைக்கு எந்த வயதில் நடன வகுப்பு?

உங்கள் ஊர் ஆசிரியரிடம் கேளுங்கள்.

ஈரோடு: சௌ முகமூடியை எப்படிச் செய்கிறார்கள்?

முதலில், சௌ மூன்று வகை. புருலியா சௌவுக்கும் ஜார்க்கண்டின் செரைகேலா சௌவுக்கும் முகமூடி உண்டு, ஒடிசாவின் மயூர்பஞ்சு சௌவுக்குக் கிடையாது. புருலியா முகமூடி செய்கிற ஊர் சரிதா. களிமண் அச்சில் சாம்பல் தூவி, பசைத்தாளை எட்டுப் பத்து அடுக்கு ஒட்டுவார்கள். மேலே மண்ணால் மூக்கும் புருவமும் எழுப்பி, சேறு தோய்த்த துணி போர்த்தி, மரக்கரண்டியால் தேய்த்துத் தேய்த்து வழவழப்பாக்குவார்கள். வெயிலில் காய்ந்ததும் அச்சை எடுத்துவிட்டு, கண்ணும் மூக்குத் துளையும் குடைந்து, வண்ணம் தீட்டுவார்கள்.

நான் ஒருமுறை துர்க்கை முகத்தை மாட்டிப் பார்த்தேன். என் காலே எனக்குத் தெரியவில்லை. அதை மாட்டிக்கொண்டுதான் அவர்கள் காற்றில் சுழன்று முழங்காலில் வந்து இறங்குகிறார்கள்.