தடுப்பூசிக்குப் போங்கள், மூச்சை எண்ணப் பழகுங்கள்

கேள்வி: போன மார்கழியில் என் மாமியார் நிமோனியாவில் இறந்துவிட்டார். வெறும் சளிதான் என்று ஐந்து நாள் வீட்டிலேயே வைத்திருந்தோம். இப்போது என் மகனுக்கு நான்கு மாதம். ஆறாவது வாரம் ஊசி போட்டதும் இரண்டு நாள் காய்ச்சல். நிமோனியா ஊசிதான் நுரையீரலில் கிருமியை ஏற்றுகிறது என்று வாட்ஸ்அப்பில் ஓர் ஆடியோ வந்தது, அதன்பிறகு எந்த ஊசிக்கும் போகவில்லை. மாமனாருக்கு 68 வயது, சர்க்கரை இருக்கிறது, மூன்று வாரமாக இருமுகிறார், மெடிக்கலில் மாத்திரை வாங்கிச் சாப்பிடுகிறார். இது குடும்பத்தில் வருகிற நோயா? ஃபேன், சாம்பிராணிப் புகை, தலைக்கு ஊற்றுவது எல்லாவற்றையும் நிறுத்திவிடவா? பெரியவர்களுக்கும் இந்த ஊசி உண்டா?
வாசகி, மேலூர் பக்கம்

மருத்துவர் பதில்:

அத்தைக்கு நடந்தது இன்னொரு தடவை நம் கண்ணெதிரிலேயே நடந்து, நமக்குத் தெரியாமலே போய்விடுமோ என்பதுதான் உங்கள் பயம். நிமோனியா பரம்பரையாக வருவதில்லை, அதை மனதிலிருந்து எடுத்துவிடுங்கள். வயதானவர்களுக்கு, அதிலும் சர்க்கரை உள்ளவர்களுக்கு, பல நேரம் காய்ச்சலே அடிக்காது. சாப்பாடு குறையும், எந்நேரமும் படுத்தே கிடப்பார்கள், பேச்சு கொஞ்சம் மாறும், நாம் வயசாகிவிட்டது என்று நினைத்துக்கொள்வோம். நீங்கள் கண்டுபிடிக்காமல் விட்டதில் உங்கள் தப்பு எதுவும் இல்லை. ஆனால் அடுத்த முறை கண்டுபிடிக்க ஒரு வழி இருக்கிறது, காசு செலவில்லை, படிப்பும் தேவையில்லை.

மூச்சை எண்ணுங்கள். குழந்தை தூங்கும்போது, அல்லது பால் குடித்து அமைதியாக இருக்கும்போது (அழுது முடித்த கையோடு எண்ணினால் கணக்கு தப்பாக வரும்) சட்டையைத் தூக்கிவிட்டு வயிறு ஏறி இறங்குவதைப் பாருங்கள். ஒரு தடவை ஏறி இறங்கினால் ஒரு மூச்சு. செல்போனில் ஒரு நிமிடம் வைத்து, முழு நிமிடமும் எண்ண வேண்டும், கால் நிமிடம் எண்ணி நான்கால் பெருக்கக் கூடாது, ஏனென்றால் கைக்குழந்தையின் மூச்சு ஒரே சீராக இருக்காது. இரண்டு மாதம் முதல் ஒரு வயதுக்குள் என்றால் நிமிடத்துக்கு 50-ம் அதற்கு மேலும் வந்தால் அது வேகமான மூச்சு. ஒரு வயதிலிருந்து ஐந்து வயதுக்குள் என்றால் 40. இரண்டு மாதத்துக்கும் குறைந்த சிசுவுக்கு 60. சளி, இருமலோடு இந்த எண்ணிக்கை வந்தால் அன்றைக்கே டாக்டரிடம் காட்ட வேண்டும். மூச்சு இழுக்கும்போது விலா எலும்புக்குக் கீழே உள்பக்கம் குழி விழுந்தாலோ, பால் குடிக்க முடியாமல் துவண்டு கிடந்தாலோ, உதடு நீலம் பாய்ந்தாலோ எண்ணிக்கொண்டு உட்காராதீர்கள், 108-ஐக் கூப்பிடுங்கள். நன்றாக இருக்கும் நாளிலேயே இரண்டு மூன்று தடவை எண்ணிப் பழகிவிடுங்கள், அப்போதுதான் உங்கள் பையனின் வழக்கமான மூச்சு எவ்வளவு என்று உங்களுக்கே தெரியும். மாமாவுக்கும் இதே வேலைதான். அவருக்கு 30-ஐத் தொட்டாலோ, திடீரென்று ஆள் அடையாளம் தடுமாறினாலோ, காய்ச்சல் இருக்கிறதா இல்லையா என்று பார்க்காமல் ஆஸ்பத்திரிக்குக் கிளம்புங்கள்.

சரி, ஊசி. அந்த ஆடியோவை அழித்துவிடுங்கள், யாருக்கும் அனுப்பவும் வேண்டாம். யார் என்றே தெரியாத ஒருவர் பேசியதைக் கேட்டு நான்கு மாதப் பிள்ளைக்குப் பாதுகாப்பு இல்லாமல் வைத்திருக்கிறீர்கள், எனக்கு உண்மையிலேயே வருத்தமாக இருக்கிறது. இந்தத் தடுப்பூசியில் உயிருள்ள கிருமி கிடையாது. நிமோனியாவை உண்டாக்கும் நிமோகாக்கஸ் என்ற கிருமியின் மேலுறையில் இருக்கிற சர்க்கரைப் பொருளை மட்டும் எடுத்து ஒரு புரதத்தோடு இணைத்திருக்கிறார்கள், அதனால் நிமோனியாவை உண்டாக்க முடியாது. காய்ச்சல் வந்தது உண்மை, ஆனால் ஆறாவது வாரத்தில் ஐந்து நோய்களைத் தடுக்கும் பென்டாவேலன்ட் ஊசியும் சேர்த்துத்தான் போடுகிறார்கள், அதற்கே ஓரிரு நாள் காய்ச்சல் வரும், போய்விடும்.

முன்பெல்லாம் இந்த நிமோனியா ஊசி தனியார் ஆஸ்பத்திரியில் ஆயிரக்கணக்கில் பணம் கட்ட முடிந்தவர்களின் பிள்ளைகளுக்குத்தான் கிடைத்தது. 2017-ல் சில மாநிலங்களில் தொடங்கி, 2021-ல் தமிழ்நாட்டுக்கும் இலவசமாக வந்தது. 6-வது வாரம், 14-வது வாரம், அப்புறம் 9-வது மாதம், மொத்தம் மூன்று. வருகிற புதன்கிழமையே தாய்-சேய் அட்டையை எடுத்துக்கொண்டு உங்கள் கிராம சுகாதார செவிலியரைப் பாருங்கள். தாமதமாகிவிட்டது என்று முதலிலிருந்து ஆரம்பிக்க மாட்டார்கள், விட்ட இடத்திலிருந்து தொடர்வார்கள். ஒன்பதாவது மாத ஊசியைத்தான் நிறையப் பேர், பிள்ளை நன்றாகத்தானே இருக்கிறான் என்று கோட்டை விடுகிறார்கள். முதல் இரண்டு ஊசி தந்த பாதுகாப்பு நீடித்து நிற்பதே அந்த மூன்றாவதால்தான். இந்தக் கிருமியில் 100-க்கும் மேற்பட்ட வகைகள் இருக்கின்றன, ஊசி அதில் முக்கியமான சிலவற்றைத்தான் தடுக்கும், வைரஸால் வரும் நிமோனியாவைத் தடுக்காது. அதனால்தான் ஊசி போட்ட பிறகும் மூச்சை எண்ணச் சொல்கிறேன்.

ஃபேன் போடலாம். வெந்நீரில் தலைக்கு ஊற்றலாம், ஈரம் போகத் துவட்டினால் போதும். சாம்பிராணியும் விறகடுப்புப் புகையும் குழந்தை இருக்கும் அறைக்குள் வேண்டாம். பீடி குடிப்பவர் யாராவது இருந்தால் வீட்டுக்கு வெளியே போகச் சொல்லுங்கள், மாமாவாக இருந்தாலும் சரி. நீங்கள் எழுதாத ஒன்றையும் கேட்கிறேன்: குளிப்பாட்டும்போது மூக்கில் எண்ணெய் விடுகிறீர்களா? இன்றோடு நிறுத்துங்கள், அந்த எண்ணெய் நுரையீரலுக்குள் இறங்கினால் அதுவே ஒரு நிமோனியா. மூச்சு வாங்குகிற குழந்தையைத் தொக்கம் எடுக்க (வயிற்றில் சிக்கியதை எடுப்பதாகச் சொல்லும் நாட்டு வைத்தியம்) தூக்கிக்கொண்டு போய் ஒரு நாளை வீணாக்குவதும் கூடவே கூடாது.

மாமாவுக்கு ஊசி உண்டு, 65 வயதைத் தாண்டியவர், சர்க்கரையும் இருக்கிறது, கட்டாயம் போடலாம். பெரியவர்களுக்கு அரசுத் திட்டத்தில் இலவசம் இல்லை, செலவாகும். 20 வகைக் கிருமிகளுக்கான ஊசி கிடைத்தால் அது ஒன்றே போதும். 13 வகை ஊசி என்றால் ஒரு வருடம் கழித்து 23 வகை ஊசி ஒன்று போட வேண்டும். எது என்று உங்கள் டாக்டர் முடிவு செய்யட்டும். இதோடு வருடா வருடம் ஃப்ளூ ஊசியும் போடுங்கள், ஏனென்றால் ஃப்ளூ வந்து பலவீனமான நுரையீரலில்தான் இந்தக் கிருமி சுலபமாக இறங்குகிறது. பையனுக்குப் போடுகிற ஊசி மாமாவுக்கும் உதவும், தெரியுமா? இந்தக் கிருமி பெரும்பாலும் சின்னப் பிள்ளைகளின் மூக்கில்தான் குடியிருக்கிறது. அமெரிக்காவில் 2000-ல் குழந்தைகளுக்குப் போட ஆரம்பித்த பிறகு, ஊசியே போடாத தாத்தா பாட்டிகளுக்கும் இந்த நோய் குறைந்தது.

ஆனால் ஊசிக்கு முன்னால் அவருக்கு வேறொரு வேலை இருக்கிறது. மெடிக்கலில் காகிதத்தில் மடித்துக் கொடுக்கும் அந்த மாத்திரைகளை நிறுத்துங்கள். அதில் என்ன இருக்கிறது என்று உங்களுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது. ஸ்டீராய்டு இருந்தால் சர்க்கரை எகிறும், சில ஆன்டிபயாட்டிக் மருந்துகள் காசநோயை அமுக்கி வைத்து, கண்டுபிடிப்பதைத் தள்ளிப்போடும். ஆமாம், காசநோயைத்தான் சொல்கிறேன். இரண்டு வாரத்துக்கு மேல் இருமல், சர்க்கரை வேறு, வீட்டில் கைக்குழந்தை. ஆரம்ப சுகாதார நிலையத்தில் சளிப் பரிசோதனை இலவசம், எக்ஸ்ரே தேவைப்பட்டால் மேலூர் அரசு ஆஸ்பத்திரிக்கோ மதுரை பெரியாஸ்பத்திரிக்கோ எழுதித் தருவார்கள். இருந்துவிடும் என்று நான் சொல்லவில்லை, ஆனால் இல்லை என்று தெரியும்வரை அவர் முகக்கவசம் போடட்டும், பேரனைப் பக்கத்தில் படுக்க வைக்க வேண்டாம். புதன்கிழமை நீங்கள் ஊசிக்குப் போகும்போது அவரையும் கூட்டிக்கொண்டு போங்கள்.