டாம் ஸ்டாப்பர்ட்: அகதிச் சிறுவன் ஆங்கில நாடகாசிரியர் ஆன கதை (கேள்வி பதில்)

நாடகாசிரியர் டாம் ஸ்டாப்பர்ட் 2025 நவம்பரில் தன் 88ஆம் வயதில் காலமானார். அவருடைய நாடகங்களைப் பல வருடங்களாகப் படித்தும் மாணவர்களுக்குச் சொல்லிக்கொடுத்தும் வருகிறேன். அதனால் அவரைப் பற்றி நண்பர்கள் கேட்ட கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதுகிறேன்.

மேடம், ஸ்டாப்பர்ட்டைப் பரம்பரை இங்கிலீஷ்காரர் என்றுதான் நினைத்திருந்தேன். அகதியாக வந்தவர் என்கிறார்களே, நிஜமா?

நிஜம்தான். 1937இல் செக்கோஸ்லோவாக்கியாவின் ஸ்லீன் நகரில் பிறந்தார். வைத்த பெயர் தோமாஷ் ஸ்ட்ராஸ்லர். நம்மூர்க் கடைத்தெருவில் போர்டு தொங்குகிறதே, அந்த பாட்டா செருப்புக் கம்பெனியின் சொந்த ஊர்தான் ஸ்லீன். அப்பா யூஜென், கம்பெனி ஆஸ்பத்திரியில் டாக்டர். யூதக் குடும்பம். 1939 மார்ச்சில் ஜெர்மன் படை நாட்டுக்குள் வந்த சமயத்தில், யூத ஊழியர்கள் பலரைக் கம்பெனி தன் வெளிநாட்டுக் கிளைகளுக்கு மாற்றல் போட்டு அனுப்பியது. இவர்களுக்குக் கிடைத்தது சிங்கப்பூர். ஜப்பான் படை அங்கேயும் நெருங்கியபோது அம்மா மார்த்தா இரண்டு பையன்களைக் கூட்டிக்கொண்டு கப்பலேறி இந்தியா வந்துவிட்டார். அப்பா தங்கிவிட்டார். 1942இல் அவர் கடைசி நேரத்தில் ஏறித் தப்பப் பார்த்த கப்பல் குண்டுவீச்சில் போய்விட்டது. அப்போது டாமுக்கு நாலரை வயது. அப்பாவின் முகமே அவருக்கு நினைவில்லை.

டார்ஜிலிங்கில் படித்தார் என்று எங்கேயோ படித்தேன். இந்தியா அவர் எழுத்தில் வந்திருக்கிறதா, அக்கா?

வந்திருக்கிறது. டார்ஜிலிங்கில் மவுண்ட் ஹெர்மன் பள்ளியில் படித்தார். அமெரிக்க மிஷனரிகள் நடத்திய பள்ளி. ஆங்கிலம் அவருக்கு முதல் மொழியானது அங்கேதான். அம்மா அதே ஊரில் பாட்டா கடையை நிர்வகித்தார். டாம் தன் பிள்ளைப் பருவத்தைச் சந்தோஷமான காலமாகத்தான் சொல்லிவந்தார்.

1991இல் பிபிசி வானொலிக்கு ஒரு நாடகம் எழுதினார். அதையே விரித்து 1995இல் 'இந்தியன் இங்க்' என்று மேடைக்குக் கொண்டுவந்தார். 1930இல் ஒரு கற்பனை சமஸ்தானத்துக்கு வரும் ஆங்கிலக் கவிஞர் ஃப்ளோராவும், அவளைப் படம் வரையும் நிராத் தாஸ் என்ற ஓவியரும்தான் மையம். தாஸ் அவளுக்குப் பிடிக்கும் என்று நினைத்து ஆங்கிலப் பாணியில் வரைகிறார். உங்கள் ராஜஸ்தானி மரபில் வரையாமல் ஏன் இப்படி என்று அவள் கோபப்படுகிறாள். காலனி ஆட்சியைப் பற்றி நீளமாகப் பேச வேண்டியதை ஸ்டாப்பர்ட் ஒரு படத்தை வைத்தே பேசிவிடுகிறார். ஃப்ளோராவாக நடித்த ஃபெலிசிட்டி கெண்டலும் இந்தியாவில் வளர்ந்தவர்தான். அவருடைய பெற்றோர் ஊர் ஊராக ஷேக்ஸ்பியர் நாடகம் போட்டவர்கள்.

ஸ்டாப்பர்ட் என்ற பெயர் எப்படி வந்தது?

மாற்றாந்தகப்பன் பெயர். கென்னத் ஸ்டாப்பர்ட், பிரிட்டிஷ் ராணுவ மேஜர். 1945இல் அம்மாவைக் கல்யாணம் செய்துகொண்டு, 1946இல் எல்லாரையும் இங்கிலாந்துக்குக் கூட்டிப் போனார். எட்டு வயதில் பையனுக்குப் புதுப் பெயர், புது நாடு, போர்டிங் பள்ளி. கிரிக்கெட், ஆங்கிலேய நடை உடை, எல்லாவற்றையும் அவர் ஆசையோடு எடுத்துக்கொண்டார்.

ஆனால் அந்த மனிதர் எதையும் சும்மா கொடுக்கவில்லை. பிற்காலத்தில் ஸ்டாப்பர்ட் சோவியத் யூதர்களுக்காகக் குரல் கொடுத்தார், தன் யூத வேரைப் பற்றியும் அக்கறை காட்டினார். அது கென்னத்துக்குப் பிடிக்கவில்லை. அம்மா 1996இல் இறந்தபின், என் பெயரைப் பயன்படுத்தாதே என்று கடிதம் எழுதினார். அதற்குள் அந்தப் பெயர் உலகம் முழுக்கப் போஸ்டரில் இருந்தது. அது நடக்கிற காரியமில்லை என்று ஸ்டாப்பர்ட் பதில் போட்டார். குடியேறியவனுக்குக் கொடுத்த இடத்தை எப்போது வேண்டுமானாலும் திருப்பிக் கேட்கலாம் என்ற நினைப்பு இருக்கிறதே, அதை இதைவிட அப்பட்டமாக நான் எங்கும் படித்ததில்லை.

பெரிய படிப்பாளி மாதிரி எழுதுகிறாரே, எந்தப் பல்கலைக்கழகம்?

எதுவும் இல்லை. 17 வயதில் படிப்பை விட்டு 1954இல் பிரிஸ்டலில் ஒரு தினசரியில் நிருபராகச் சேர்ந்தார். விபத்துச் செய்தி, கோர்ட் செய்தி, அப்புறம் நாடக விமர்சனம். பிரிஸ்டல் ஓல்ட் விக் அரங்கில் பார்த்த நாடகங்கள்தான் அவருக்குக் கல்லூரி. இயற்பியல், தத்துவம், ரஷ்ய வரலாறு என்று ஒவ்வொரு நாடகத்துக்கும் தானே உட்கார்ந்து படித்துக்கொண்டார்.

நான் கல்லூரி நாடகக் குழுவில் இருக்கிறேன். முதல் வெற்றி எப்படிக் கிடைத்தது? எங்களை மாதிரி சின்னக் குழுவுக்கு அதில் ஏதாவது இருக்கிறதா?

நிறையவே இருக்கிறது தம்பி. அவரைத் தூக்கிவிட்டதே ஒரு மாணவர் குழுதான். ஹாம்லெட்டில் ரோசன்கிராண்ட்ஸ், கில்டன்ஸ்டெர்ன் என்று இரண்டு துணைப் பாத்திரங்கள் வருவார்கள். ராஜா கூப்பிட்டார் என்று வருவார்கள், கடைசியில் செத்துப்போனார்கள் என்று ஒரு வரியில் செய்தி வரும். அவர்களை நாயகர்களாக்கி, ஹாம்லெட்டைப் பின்னால் தள்ளி, 'ரோசன்கிராண்ட்ஸ் அண்ட் கில்டன்ஸ்டெர்ன் ஆர் டெட்' நாடகத்தை எழுதினார். 1966இல் எடின்பரோ ஃபிரிஞ்ச் விழாவில் ஆக்ஸ்ஃபோர்ட் மாணவர்கள் போட்டார்கள். 'அப்சர்வர்' பத்திரிகையில் ஒரு நல்ல விமர்சனம் வந்தது. அதைப் படித்து, நேஷனல் தியேட்டரில் இருந்த கென்னத் டைனன் பிரதியை அனுப்பச் சொன்னார். 1967 ஏப்ரலில் லண்டன் மேடை ஏறியபோது ஸ்டாப்பர்ட்டுக்கு 29 வயது. மறு வருடம் நியூயார்க்கில் டோனி விருது, அமெரிக்க நாடக உலகின் பெரிய பரிசு.

ஆரம்பக் காட்சியை அவசியம் ஒத்திகை பார்த்துப் பாருங்கள். இரண்டு பேர் காசு சுண்டுகிறார்கள். தலை, தலை, தலை. தொண்ணூறு தடவைக்கு மேல் தலையே விழுகிறது. ஒருவன் பைக்குள் போட்டுக்கொண்டே இருக்கிறான், அவனுக்கு எதுவும் உறைக்கவில்லை. தோற்கிறவனுக்குத்தான் வயிற்றைக் கலக்குகிறது: உலகத்தின் விதி எங்கேயோ கழன்றுவிட்டது, தங்களை எதற்குக் கூப்பிட்டார்கள் என்பதும் தெரியவில்லை. சிரித்துக்கொண்டே இருக்கும் அரங்கில் பயம் மெல்ல ஏறும். செட் வேண்டாம், இரண்டு நடிகர்களும் ஒரு பை நாணயமும் போதும்.

ஸ்டாப்பர்ட் வெறும் மூளை, மனசு கிடையாது என்பார்கள். நீங்கள் ஒத்துக்கொள்கிறீர்களா?

ஒத்துக்கொள்ளவே மாட்டேன். யார் கூப்பிட்டார்கள், ஏன் பிழைத்தோம் என்றே தெரியாமல் ஒரு கதைக்குள் வந்து நிற்கிற ஆட்கள் அவர் நாடகங்களில் திரும்பத் திரும்ப வருகிறார்கள். அகதி வாழ்க்கையைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லாத நாட்களிலேயே அவர் அதைத்தான் எழுதிக்கொண்டிருந்தார் என்பது என் வாசிப்பு. வார்த்தை விளையாட்டைப் பார்த்துவிட்டு விமர்சகர்கள் அதோடு நின்றுவிட்டார்கள்.

'ஆர்கேடியா'வை (1993) எடுத்துக்கொள்ளுங்கள். ஒரே அறை, 1809ம் நம் காலமும் மாறி மாறி வரும். மேஜை மட்டும் மாறாது. அந்தக் காலத்துப் புத்தகமும் இந்தக் காலத்துக் காப்பிக் கோப்பையும் அதில் சேர்ந்துகொண்டே போகும். தொமசினா என்ற 13 வயதுப் பெண் கணக்கில் ஒரு பெரிய உண்மையைத் தொடுகிறாள். அவளுக்கு என்ன ஆகப்போகிறது என்று நமக்குத் தெரியும், அவளுக்குத் தெரியாது. கடைசியில் இரண்டு காலத்து ஜோடிகளும் ஒரே அறையில் வால்ட்ஸ் ஆடும்போது மனசில்லை என்று யாராவது சொல்லட்டும் பார்க்கலாம்.

யூதர் என்பது அவருக்கே ரொம்ப வருடம் தெரியாதாமே?

அரைகுறையாகத் தெரியும். முழு விவரம் 1990களில்தான் தெரிந்தது, அதுவும் ஐம்பது வயதைத் தாண்டி. செக் நாட்டு உறவுக்காரப் பெண் ஒருவர் லண்டனில் சந்தித்து, காகிதத்தில் குடும்ப மரம் வரைந்து காட்டினார். தாத்தா பாட்டி நாலு பேரும் யூதர்கள், நாலு பேரும் நாஜிகள் கையில் மாண்டவர்கள். அம்மாவின் சகோதரிகளிலும் மூன்று பேர் மாண்டிருந்தார்கள். அம்மா இதைப் பேசியதே இல்லை. பிள்ளைகள் இங்கிலாந்தில் பத்திரமாக வளரட்டும் என்று வாயைக் கட்டிக்கொண்டார். அவரைக் குறை சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

1998இல் ஸ்லீன் போனபோது ஒரு பெண்மணியைப் பார்த்தார். சின்ன வயதில் கண்ணாடியில் கை கிழிபட்டபோது அவருக்குத் தையல் போட்டது டாக்டர் ஸ்ட்ராஸ்லர். அவர் கையை நீட்ட, ஸ்டாப்பர்ட் அந்தத் தழும்பைத் தொட்டுப் பார்த்தார். அப்பா விட்டுப்போனதில் அவர் கைக்கு எட்டியது அவ்வளவுதான். இதை 1999இல் ஒரு கட்டுரையில் எழுதினார்.

பிறகு இருபது வருடம் கழித்து 'லியோபோல்ட்ஸ்டாட்' வந்தது. 2020 ஜனவரியில் லண்டனில் அரங்கேறி, கொரோனாவால் நின்று, மறுபடி தொடர்ந்தது. வியன்னாவின் ஒரு யூதக் குடும்பம், 1899 முதல் 1955 வரை. கடைசிக் காட்சியில் லியோ என்ற இளைஞன் வருகிறான். அகதியாகப் போய் ஆங்கிலேயனாக வளர்ந்தவன், பழசு எதுவும் ஞாபகமில்லாதவன். அவன் கையிலும் ஒரு தழும்பு. தப்பிப் பிழைத்த உறவினன் அவனைச் சும்மா விடுவதில்லை. ஸ்டாப்பர்ட் தன்மேல் தானே வைத்த விசாரணை அது. 2023இல் இதற்குக் கிடைத்தது அவருடைய ஐந்தாவது டோனி.

பிறந்த நாட்டுக்காக ஏதாவது செய்தாரா?

செக் மொழி பேச வராது, ஆனாலும் செய்தார். 1977இல் அங்கே போய், கம்யூனிஸ்ட் அரசின் கண்காணிப்பில் இருந்த செக் நாடகாசிரியர் வாட்ஸ்லாவ் ஹாவெலைச் சந்தித்தார். அதே வருடம் எழுதிய 'புரொஃபஷனல் ஃபவுல்' தொலைக்காட்சி நாடகத்தை ஹாவெலுக்கே சமர்ப்பித்தார். பின்னாளில் ஜனாதிபதியான அதே ஹாவெல்தான்.

சினிமா?

'ஷேக்ஸ்பியர் இன் லவ்' திரைக்கதைக்கு மார்க் நார்மனோடு சேர்ந்து ஆஸ்கர். ஸ்பீல்பெர்க்கின் 'எம்பயர் ஆஃப் தி சன்' திரைக்கதையும் இவருடையது. ஜப்பான் படை வந்தபோது பெற்றோரைப் பிரிந்த ஒரு சிறுவனின் கதை அது.

எதிலிருந்து படிக்க ஆரம்பிக்கலாம், மேடம்? என் ஆங்கிலம் சுமார்தான்.

'தி ரியல் இன்ஸ்பெக்டர் ஹவுண்ட்' எடுங்கள். சின்ன நாடகம், கொலைக் கதையைக் கிண்டல் செய்வது, ஒரே உட்காரலில் முடித்துவிடலாம். அப்புறம் 'ஆர்கேடியா'. முதல் வாசிப்பில் கணக்கு வரும் இடங்களைத் தாண்டிப் போங்கள், ஒன்றும் கெட்டுப்போகாது. 'லியோபோல்ட்ஸ்டாட்'டைக் கடைசிக்கு வையுங்கள். பாத்திரங்கள் ஏராளம், அதனால் குடும்ப மரத்தை ஒரு தாளில் எழுதிப் பக்கத்தில் வைத்துக்கொண்டு படியுங்கள்.