புகார் யாருடையது?

வணக்கம் சார்,

பெயர், ஊர் வெளியிட வேண்டாம். என் தங்கைக்கு 26 வயது. சென்னையில் வேலை பார்த்தாள். வீட்டில் மாப்பிள்ளை பார்க்க ஆரம்பித்ததும் கல்யாணமே வேண்டாம் என்றாள். காரணம் சொல்லவில்லை. பெரிய சண்டை. வேலையை விட்டுவிட்டு ஊருக்கு வந்தவள், மூன்று மாதமாக அறையை விட்டு வெளியே வருவதில்லை. சரியாகச் சாப்பிடுவதில்லை. ராத்திரி முழுக்க லைட் எரிகிறது. மனநல டாக்டரிடம் காட்டினால் மனசு மாறிச் சம்மதிப்பாள் என்கிறார் அப்பா. அம்மா மந்திரிக்கக் கூட்டிப் போக வேண்டும் என்கிறார். நான் இரண்டையும் எதிர்க்கிறேன். அவளுக்கு இருப்பது நோய் இல்லை, வருத்தம். ரோசன்ஹான் சோதனை பற்றிப் படித்திருப்பீர்கள். நல்ல மனநிலையில் இருந்தவர்களையே கண்டுபிடிக்கத் தெரியாத துறை இது. அடங்காதவர்களை அடக்கச் சமூகம் வைத்திருக்கும் கருவிதானே? அவளுக்கு ஒன்றுமில்லை என்று நீங்கள் எழுதினால் அப்பாவிடம் காட்டுவேன். அவர் உங்கள் எழுத்தை மதிப்பவர்.

ஒரு வாசகர்

அன்புள்ள நண்பருக்கு,

அப்படி எழுதித் தர மாட்டேன். நான் டாக்டர் இல்லை. டாக்டராக இருந்தாலும் எழுதக் கூடாது. 1964 அமெரிக்க அதிபர் தேர்தலில் பாரி கோல்டுவாட்டர் நின்றபோது, 'ஃபேக்ட்' என்ற பத்திரிகை 12,356 மனநல மருத்துவர்களுக்கு ஒரு கேள்வி அனுப்பியது: மனத்தளவில் இவர் அதிபராகத் தகுதியானவரா? 2,417 பேர் பதில் போட்டார்கள். 1,189 பேர் தகுதி இல்லை என்றார்கள். பத்திரிகையில் வந்ததையும் டிவியில் பார்த்ததையும் வைத்துச் சொன்ன தீர்ப்பு. கோல்டுவாட்டர் வழக்குப் போட்டு ஜெயித்தார். 1973ல் அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் ஒரு விதியே எழுதிவைத்தது. நேரில் பரிசோதிக்காமல், உரியவரின் அனுமதி இல்லாமல் ஒரு பொது மனிதரின் மனநிலை பற்றித் தொழில்முறைக் கருத்துச் சொல்லக் கூடாது. (நம் ஊரில் மேனேஜர் முதல் மாமியார் வரை எல்லோரையும் 'நார்சிசிஸ்ட்' ஆக்கிவிட்ட வாட்ஸப் குழுக்களை எந்த விதியும் கட்டுப்படுத்தாது.)

சரி, தூரத்திலிருந்து நோய் என்று சொல்லக் கூடாது. நோய் இல்லை என்று சொல்லலாமே என்று கேட்பீர்கள். அப்படிச் சொன்ன ஒருவர் இருக்கிறார். சோவியத் ஒன்றியத்தில் 'மெதுவாக ஊரும் மனச்சிதைவு' (ஸ்கிசோஃப்ரினியா) என்று ஒரு நோய்ப்பெயர் இருந்தது. மாஸ்கோவின் செல்வாக்கான மனநல மருத்துவர் ஆந்த்ரே ஸ்னெஷ்னெவ்ஸ்கியின் பள்ளியிலிருந்து வந்தது. அரசைத் திருத்த வேண்டும் என்று ஒருவர் விடாமல் பேசினாலே அறிகுறியாக எடுத்துக்கொள்ளும் அளவுக்கு அது வசதியாக நீண்டது. பியோத்தர் கிரிகோரென்கோ என்ற ராணுவ ஜெனரல், ஊரைவிட்டுத் துரத்தப்பட்ட கிரீமியத் தாத்தார்களுக்காகப் பேசி 1969ல் கைதானார். தாஷ்கண்டில் பரிசோதித்த குழு அவருக்கு நோய் இல்லை என்றது. மாஸ்கோவின் செர்ப்ஸ்கி மனநல நிறுவனம் இருக்கிறது என்றது. மாஸ்கோ சொன்னதுதான் நின்றது. 1971ல் செமியோன் க்ளூஸ்மன் என்ற இளம் மருத்துவர், கிரிகோரென்கோவைப் பார்க்காமலேயே, கிடைத்த ஆவணங்களை வைத்து, அவருக்கு மனநோய் இல்லை என்று அறிக்கை எழுதினார். ஏழு வருடம் உழைப்பு முகாம், மூன்று வருடம் நாடுகடத்தல் என்று தண்டனை வந்தது. பிற்பாடு கிரிகோரென்கோ அமெரிக்கா போய்த் தானாகவே பரிசோதனைக்கு உட்கார்ந்தார். அங்கிருந்த டாக்டர்களும் நோய் எதையும் காணவில்லை.

க்ளூஸ்மனை நான் வணங்குவேன். ஆனால் அவர் கையில் ஆவணங்கள் இருந்தன, எதிரே ஒரு மனிதரைப் பூட்டிவைத்த அரசு இருந்தது. என் கையில் அண்ணன் எழுதிய ஒரு கடிதம் மட்டும்தான் இருக்கிறது.

இனி ரோசன்ஹான். அமெரிக்க உளவியலாளரான அவர் எழுதி 1973 ஜனவரியில் 'சயின்ஸ்' இதழில் வந்த கட்டுரை அது. அவரையும் சேர்த்து நல்ல மனநிலையில் இருந்த எட்டுப் பேர், பன்னிரண்டு மனநல மருத்துவமனைகள். 'வெறுமை', 'உள்ளீடற்றது', 'தொம்' என்று காதில் குரல் கேட்பதாகச் சொல்லிச் சேர்ந்தார்கள். சேர்ந்ததும் வழக்கம்போல நடந்துகொண்டார்கள். ஒரு இடம் தவிர எல்லா இடத்திலும் மனச்சிதைவு என்றுதான் பதிவானது. சராசரியாக 19 நாள் உள்ளே இருந்தார்கள். அவர்கள் குறிப்பெடுப்பதைப் பார்த்த ஒரு நர்ஸ், 'நோயாளி எழுதும் நடத்தையில் ஈடுபட்டார்' என்று பதிவு செய்தாராம். என்னைப் போன்றவர்களுக்கு வயிற்றைக் கலக்கும் வரி.

கதை இதோடு முடியவில்லை. அன்றே சீமோர் கெட்டி என்ற மருத்துவர் கேட்டார்: நான் யாருக்கும் தெரியாமல் ரத்தத்தைக் குடித்துவிட்டு ஆஸ்பத்திரிக்குப் போய் வாந்தி எடுத்தால், குடல்புண் என்று டாக்டர் சொல்வார், அதனால் குடல்புண்ணைக் கண்டுபிடிக்க மருத்துவத்துக்குத் தெரியாது என்று ஆகிவிடுமா? 2019ல் சுசானா கஹாலன் என்ற பத்திரிகையாளர் அந்தச் சோதனையையே துருவி எடுத்து வெளியிட்டது இன்னும் மோசம். ரோசன்ஹானின் சொந்த மருத்துவப் பதிவில் மூன்று சொற்கள் மட்டும் இல்லை. சத்தத்தைத் தடுக்கக் காதில் செப்புப் பாத்திரம் வைத்துக்கொண்டதாகவும் தற்கொலை எண்ணம் இருந்ததாகவும் சொல்லியிருக்கிறார். அப்படிச் சொல்பவரை எந்த டாக்டர் திருப்பி அனுப்புவார்? மருத்துவமனை தனக்கு நல்லது செய்தது என்று சொன்ன ஒரு பங்கேற்பாளரைக் கட்டுரைக் கணக்கிலிருந்து நீக்கியிருக்கிறார். மற்றவர்களில் பலர் யார் என்றே கஹாலனால் கண்டுபிடிக்க முடியவில்லை. கஹாலன் மனநல மருத்துவத்துக்குப் பரிந்து பேச வந்தவரும் இல்லை. 2009ல் அவருக்கே மனநோய் என்று பெயர் வைத்தார்கள். உண்மையில் அவருடைய உடலின் எதிர்ப்புச் சக்தியே அவர் மூளையைத் தாக்கிக்கொண்டிருந்தது. கண்டுபிடித்ததும் குணமானார்.

ஆக, உங்கள் முக்கிய சாட்சி நீதிமன்றத்தில் நிற்க மாட்டார். ஆனால் உங்கள் சந்தேகம் அவரோடு சேர்ந்து விழ வேண்டியதில்லை. அதற்கு அவரைவிட நல்ல ஆதாரங்கள் உண்டு.

1851ல் அமெரிக்காவின் லூசியானாவில் சாமுவேல் கார்ட்ரைட் என்ற டாக்டர் 'ட்ராப்பட்டோமேனியா' என்ற நோயைக் கண்டுபிடித்தார். அறிகுறி: அடிமை ஓடிப்போவது. சிகிச்சையில் சவுக்கடியும் உண்டு. நோயில் அவதிப்படுபவர் அடிமை, புகார் சொல்பவர் எஜமானர். கிரிகோரென்கோ விஷயத்தில் புகார் அரசுடையது. தன்பால் ஈர்ப்பை 1973 வரை அமெரிக்க நோய்ப் பட்டியல் வைத்திருந்ததே, அங்கே புகார் சுற்றியிருந்தவர்களுடையது. 1972ல் டல்லஸில் நடந்த மருத்துவர் மாநாட்டில் ஜான் ஃப்ரையர் என்பவர் முகமூடியும் விக்கும் மாட்டி, குரலை மாற்றும் மைக்கில், நான் தன்பால் ஈர்ப்பாளன், நான் மனநல மருத்துவன் என்று பேசினார். அடுத்த வருடம் அது பட்டியலிலிருந்து போனது. அதற்காக வாதாடிய ராபர்ட் ஸ்பிட்சர் வைத்த அளவுகோல் எளிமையானது: அதனால் அந்த மனிதர் அவதிப்படுகிறாரா, அவர் வாழ்க்கை முடங்குகிறதா? மற்ற மருத்துவத்தில் வலிக்கிறவரே வந்து வலிக்கிறது என்பார். இங்கே பாதி நேரம் இன்னொருவர் கையைப் பிடித்துக் கூட்டி வருகிறார். என்ன தொந்தரவு என்று டாக்டர் கேட்டால் அந்த இன்னொருவர்தான் பதில் சொல்கிறார். ஃபீஸ் கொடுப்பவரும் அவரே. இந்தத் தொழிலின் அறச்சிக்கல் பெரும்பாலும் அந்த நாற்காலியில்தான் உட்கார்ந்திருக்கிறது.

நம் சட்டத்துக்கு இது தெரியும். 2017 மனநலப் பாதுகாப்புச் சட்டத்தின் 3ஆவது பிரிவை அப்பாவுக்குப் படித்துக் காட்டுங்கள். ஒருவர் சார்ந்த சமூகத்தின் ஒழுக்க, பண்பாட்டு, மத நெறிகளுக்கு ஒத்துப்போகவில்லை என்பதை வைத்து அவருக்கு மனநோய் என்று தீர்மானிக்கக் கூடாது என்கிறது. கல்யாணம் வேண்டாம் என்பது நோய் இல்லை என்று சொல்ல எழுத்தாளர் எதற்கு, பாராளுமன்றமே சொல்லியிருக்கிறது. மதுரையிலிருந்து பெற்றோரை விட்டு வந்த இரண்டு பெண்களின் வழக்கில், 2021ல் சென்னை உயர் நீதிமன்ற நீதிபதி என். ஆனந்த் வெங்கடேஷ் தன்பால் ஈர்ப்பை 'மாற்றும்' சிகிச்சைகளுக்குத் தடை போட்டார். தீர்ப்புக்கு முன் தன் புரிதல் போதாது என்று தானே ஒரு உளவியலாளரிடம் போய் உட்கார்ந்து, அதை உத்தரவிலும் எழுதினார். சம்மதிக்க வைக்கும் மாத்திரை என்று ஒன்று மருந்துக் கடையில் கிடையாது. அப்படிச் செய்து தருகிறேன் என்று ஒரு டாக்டர் சொன்னால் எழுந்து வந்துவிடுங்கள்.

இதுவரை உங்கள் பக்கம். இனி கொஞ்சம் கசக்கும்.

உங்கள் கடிதத்தை மறுபடி படித்தேன். அப்பா பேசுகிறார், அம்மா பேசுகிறார், நீங்கள் பேசுகிறீர்கள், ரோசன்ஹான்கூடப் பேசுகிறார். கல்யாணம் வேண்டாம் என்றதற்கு அப்புறம் தங்கை ஒரு வார்த்தை பேசவில்லை. நோய் இல்லை, வருத்தம் என்ற உங்கள் தீர்ப்பும் அவரைக் கேட்காமல் சொன்னதுதான். அப்பாவின் தீர்ப்பைவிட அன்பானது, ஒத்துக்கொள்கிறேன். ஆனால் இரண்டுக்கும் வழி ஒன்றே.

காரணம் தெரிந்துவிட்டால் அது நோய் ஆகாது என்று நீங்கள் எடுத்துக்கொண்டிருக்கிறீர்கள். யாரோ தள்ளிவிட்டதால்தான் கால் உடைந்தது என்று தெரிந்தால் கட்டுப் போட மாட்டோமா? மனநல மருத்துவர்களே இதில் பல காலம் சண்டை போட்டவர்கள். 1980ல் வந்த அமெரிக்க நோய்வகைக் கையேடு, நெருங்கியவரின் சாவுக்குப் பின் வரும் துயரத்தை மனச்சோர்வு நோய்க்கணக்கிலிருந்து விலக்கி வைத்தது. 2013 பதிப்பு அந்த விலக்கை எடுத்துவிட்டது. அழுகையையும் நோயாக்கிவிட்டார்கள் என்று கூச்சல் எழுந்தது. எனக்கும் கோபம் வந்தது. ஆனால் எடுத்தவர்கள் சொன்ன காரணத்தை ஒதுக்க முடியாது: வேலை போனதற்கும் கணவன் விட்டுப் போனதற்கும் விலக்கு இல்லை, சாவுக்கு மட்டும் எதற்கு? காரணம் நியாயமானது என்பதற்காகவே, சிகிச்சை தேவைப்படும் ஒருவருக்கு அது கிடைக்காமல் போகலாமா? துக்கம் நோயல்ல என்று இன்றும் சொல்வேன். துக்கப்படுகிறவருக்கு நோய் வராது என்று சொல்ல மாட்டேன்.

சாப்பாடு, தூக்கம், வேலை மூன்றும் போய் மூன்று மாதம் ஆகிறது. இதற்கு என்ன பெயர் என்று எனக்குச் சொல்ல உரிமை இல்லை. ஒரு டாக்டர் பார்க்க வேண்டிய அளவுக்கு இருக்கிறது என்று மட்டும் சொல்லலாம். தைராய்டு, ரத்தசோகை போன்றவற்றையும் பார்க்கச் சொல்லுங்கள். அம்மாவிடம் ஏர்வாடியைப் பற்றிச் சொல்லுங்கள். 2001 ஆகஸ்ட் 6 அதிகாலை, தர்காவை நம்பிக் குடும்பங்கள் கொண்டுவந்து விட்டுப்போன ஒரு காப்பகத்தில் தீப்பிடித்தது. சங்கிலியில் கட்டிப்போட்டிருந்ததால் ஓட முடியாமல் 28 பேர் இறந்தார்கள். அம்மா சாமி கும்பிடட்டும், அதில் எனக்கு ஆட்சேபம் இல்லை. சிகிச்சைக்குப் பதிலாக அது வேண்டாம்.

டாக்டரிடம் போவதைத் தங்கையிடம் கேளுங்கள். கல்யாணப் பேச்சை வீட்டில் நிறுத்திவிட்டு, நிறுத்தியதை அவரிடம் சொல்லிவிட்டு, அப்புறம் கேளுங்கள். யாரிடம் போவது, யார் கூட வருவது என்று அவர் முடிவு செய்யட்டும். உள்ளே அவர் தனியாகப் பேச வேண்டும். அவர் சொன்னதை உங்களிடமும் அப்பாவிடமும் சொல்லாமலிருப்பது டாக்டரின் கடமை. அதே சட்டம் 23ஆவது பிரிவில் அந்த ரகசியத்தை அவருடைய உரிமையாக வைத்திருக்கிறது. வெளியே வந்ததும் என்ன சொன்னாய் என்று விசாரிக்காதீர்கள். நேரில் போகத் தயக்கம் என்றால் அரசின் மனநல உதவித் தொலைபேசி டெலி மானஸ், எண் 14416 இருக்கிறது. இலவசம், இரவிலும் எடுப்பார்கள், தமிழிலேயே பேசலாம். உயிரோடு இருந்து என்ன பயன் என்ற மாதிரி ஒரு சொல் அவர் வாயில் வந்தால் இதில் எதற்கும் காத்திருக்க வேண்டாம். அவரைத் தனியாக விடாமல் அன்றைக்கே பக்கத்தில் உள்ள அரசு மருத்துவமனைக்குக் கூட்டிப் போங்கள்.

அன்புடன்